ஊட்டத்தூரின் சந்திரகாந்தக் கல்

மாயக்கல் வரும் கதைகளில் இரண்டு நிபந்தனைகள் மாறுவதே இல்லை. அந்தக் கல் உலகத்தில் ஒன்றே ஒன்றுதான் இருக்கும். கையில் வைத்திருப்பவனுக்கு மட்டும்தான் வேலை செய்யும். சத்ராஜித்திடம் இருந்த சியமந்தக மணி தினமும் பொன் சுரந்ததாகப் பாகவதம் சொல்கிறது. அதற்காகக் கொலை விழுந்தது, கண்ணன் மீதே திருட்டுப் பழி வந்தது. நாகமணிக் கதையும் அப்படித்தான்: கிடைத்தவன் ராஜா, தேடிப் போனவன் பாம்புக்கு இரை. ஆனால் லால்குடி வட்டத்து ஊட்டத்தூரைக் கொஞ்சம் உற்றுப் பார்த்தால், இந்த இரண்டு நிபந்தனைகளுமே கதை சொல்பவர்களின் கஞ்சத்தனம் என்றுதான் படுகிறது. அதிசயம் செய்கிற கல் மலிவாகக் கிடைக்கலாம், யாருக்கும் வேலை செய்யலாம். அப்படி ஒன்று அந்த ஊர் மண்ணிலேயே இருக்கிறது.

ஊட்டத்தூர் என்றதும் திருச்சிக்காரர்களுக்கு நினைவு வருவது சுத்தரத்தினேஸ்வரர் கோயில். சுவாமியின் பெயரிலேயே ரத்தினம். இங்குள்ள நடராஜர் 'பஞ்சநதனப் பாறை' என்ற அபூர்வக் கல்லில் செதுக்கப்பட்டவர் என்கிறார்கள். அவருக்குச் சாத்திய வெட்டிவேரை ஊறவைத்து அந்தத் தண்ணீரை ஒரு மண்டலம், அதாவது 48 நாள், குடித்தால் சிறுநீரகக் கோளாறு தீரும் என்பது பக்தர்களின் நம்பிக்கை. புவியியல் படித்தவர்களுக்கோ இதே ஊர் வேறொன்றுக்காகப் பழக்கம். 1862-இல் வெளியான ஹென்றி பிளான்ஃபோர்டின் ஆய்வுக்குப் பிறகு, தென்னிந்தியக் கடற்படிவப் பாறைகளில் ஒரு பெரும் தொகுதிக்கு இந்த ஊரின் பெயரே நிலைத்துவிட்டது. ஏறத்தாழ 10 கோடி ஆண்டுகளுக்கு முன் இங்கே கடல் இருந்தது. ஓடைக்கரைகளில் அரிப்புண்டு கிடக்கும் களிமண்ணில் அந்தக் கடலின் சுருள் சிப்பிகள் கல்லாகி நிற்கின்றன. அவற்றோடு, நரம்பு நரம்பாகவும் தகடு தகடாகவும் ஜிப்சம்.

ஜிப்சத்தின் தெளிவான படிகத்துக்கு செலினைட் என்று பெயர். கிரேக்க மொழியில் செலினே என்றால் நிலா. நம் புலவர்கள் நிலவொளி பட்டால் நீர் கசியும் சந்திரகாந்தக் கல்லைப் பாடிவைத்தார்கள். அது எந்தக் கல் என்ற ஆராய்ச்சிக்குள் நான் போகவில்லை. ஆனால் நிலாவின் பெயரைத் தாங்கிய இந்தக் கல்லுக்குள் நிஜமாகவே தண்ணீர் இருக்கிறது: 100 கிராம் கல்லில் சுமார் 21 கிராம். விரல்நகத்தால் கீறினாலே கோடு விழும், கல் என்று சொல்லக் கூச்சமாக இருக்கும். கண்ணாடிபோல் இருக்கும் ஒரு சில்லைக் காய்ந்த தோசைக்கல்லில் போட்டு, மேலே ஒரு கிண்ணத்தைக் கவிழ்த்தால் கிண்ணத்தின் உட்புறம் வியர்க்கும். சில்லு பளபளப்பை இழந்து வெளுத்து, தொட்டால் மாவாகும். 150 டிகிரி செல்சியஸ் வாக்கில் முக்கால்வாசித் தண்ணீர் போய்விடும். அந்த மாவில் திரும்பத் தண்ணீர் ஊற்றினால் சூட்டைக் கக்கிக்கொண்டு மறுபடி கல்லாகும். எலும்பு முறிந்தவருக்கு மாவுக்கட்டு போடும்போது கை கதகதப்பதற்குக் காரணம் இதுதான். நோய் தீர்க்கும் கல் என்ற பட்டத்துக்கு இதைவிடப் பொருத்தமான கல் எது?

அதன் வேலை அதோடு நிற்பதுமில்லை. அதே வட்டத்தில், கல்லக்குடி பக்கம் டால்மியாபுரத்தில் 1939 முதல் சிமெண்ட் ஆலை ஓடுகிறது. சிமெண்டில் சிறிதளவு ஜிப்சம் கலக்காவிட்டால் தண்ணீர் பட்ட சில நிமிடங்களில் கலவை இறுகிவிடும், கொத்தனார் கரண்டியை எடுப்பதற்குள் வேலை கெட்டுவிடும். நிலக்கடலைக்கு 40, 45-ஆம் நாளில் மண் அணைக்கும்போது ஹெக்டேருக்கு 400 கிலோ ஜிப்சம் போடச் சொல்கிறது வேளாண் பல்கலைக்கழகம். மண்ணுக்குள் இறங்கும் விழுதும் காயும் சுண்ணாம்புச் சத்தை நேராக மண்ணிலிருந்தே உறிஞ்சுவதால், அது குறைந்தால் காய் பொக்காகப் போகும். களர் நிலத்தைத் திருத்தவும் இதே கல்தான்.

இதெல்லாம் வெறும் ரசாயனம், மாயம் எங்கே என்று கேட்கலாம். எவர் சுட்டாலும் நீர் விடும், எவர் குழைத்தாலும் இறுகும் என்பதால்தானே அது ரசாயனம். ஒருவனுக்கு மட்டும் பலித்திருந்தால் அதையே மாயம் என்று கொண்டாடியிருப்போம். இன்னொரு ஆட்சேபம் கனமானது: கோயில் கல்லின் மகிமையைக் குறைக்கப் பார்க்கிறாயா? இல்லை. அந்த நடராஜரின் முன் நின்று ஒருவர் பெறும் ஆறுதலுக்கு ஆய்வுக்கூடச் சான்றிதழ் தேவையில்லை. அந்தக் கல் சூரிய சக்தியை ஈர்ப்பதால் குணமாகிறது என்று விஞ்ஞானத்தைக் கடன் வாங்கும்போதுதான் சிக்கல். வெயிலை எந்தக் கல்லும் ஈர்க்கும். சித்திரை மதியத்தில் பிராகாரத்தைச் செருப்பில்லாமல் சுற்றியவருக்கு அதைச் சொல்லித்தர வேண்டாம். டயாலிசிஸ் செய்துகொள்பவர்களுக்கு ஒரு நாளைக்கு இவ்வளவுதான் குடிக்கலாம் என்று மருத்துவர் அளவு வைத்திருப்பார். வெட்டிவேர்த் தண்ணீரும் அந்தக் கணக்கில்தான் சேரும்.

கடைசியாக, அபூர்வமாக இருந்தால்தானே மதிப்பு என்பார்கள். மெக்சிகோவின் நைக்கா சுரங்கத்தில் 2000-ஆம் ஆண்டு, சுமார் 300 மீட்டர் ஆழத்தில், ஒரு குகை தட்டுப்பட்டது. உள்ளே 11 மீட்டர் நீளம் வரை செலினைட் தூண்கள், 58 டிகிரி வெப்பம். உள்ளே போனவர்கள் நிமிடக் கணக்கில்தான் தாங்க முடிந்தது. பிறகு நீர் இறைக்கும் பம்புகள் நிற்கவே, குகை மறுபடி தண்ணீரில் மூழ்கியது. எந்தக் கற்பனை உலகத்துக்கும் ஈடான காட்சி அது, பார்த்தவர்கள் சிலர்தான். ஊட்டத்தூர் ஓடையில் ஆடுகளின் குளம்படியில் பொடிபடுவதும் அதே கல்தான்.