மலைச்சாரலின் குடிகள்

கண்டியிலிருந்து தெல்தெனிய வழியாக மஹியங்கனைக்குச் செல்லும் பெருந்தெரு, மெதமகாநுவரவைக் கடந்து மேலேறும்போது குளிர்காற்று வீசும் ஓர் உயரத்தை அடைகிறது. அங்கே அமைந்திருக்கும் சிற்றூரே ஹுன்னஸ்கிரிய. இவ்வூரின் சாரலில் நின்று நோக்குவோருக்குக் கீழே தேயிலைத் தோட்டங்களும், மேலே முகில் தவழும் காடும், இடையிடையே பைன் மரத் தோப்புகளும், பாதையோரங்களில் பல வண்ணப் பூக்கள் சொரியும் உண்ணிச்செடிகளும் தோன்றும். எல்லாம் தொன்றுதொட்டு அங்கேயே இருந்தவை போலக் கண்ணுக்குத் தெரியும். ஆயின், இவற்றுள் எவை இம்மண்ணுக்கே உரியவை, எவை வேற்றிடத்திலிருந்து வந்து சேர்ந்தவை என்று வினவினால், கிடைக்கும் விடை வியப்பைத் தருவதாகும்.

தேயிலையின் பிறப்பிடம் சீனமும் அசாமும் ஒன்றையொன்று அணுகும் மலைநாடு. பைன் மத்திய அமெரிக்காவிலிருந்தும் கரிபியக் கடலோரங்களிலிருந்தும் வந்தது. உண்ணிச்செடியும் வெப்பவலய அமெரிக்காவைச் சேர்ந்ததே. 1826இல் பேராதனைப் பூங்காவில் அழகுக்காக வளர்க்கப்பட்டுப் பின்னர் நாடெங்கும் பரவியது. தேயிலைக்கு முன் இச்சரிவுகளை மூடியிருந்த கோப்பியோ ஆபிரிக்காவின் எதியோப்பிய மலைகளுக்குரியது. ஆசியா, ஆபிரிக்கா, அமெரிக்கா ஆகிய மூன்று கண்டங்களும் இச்சிறு மலைச்சாரலில் ஒன்றுகூடியுள்ளன எனலாம்.

மேலேயுள்ள காடு மட்டும் இம்மண்ணின் பழங்குடி. சிங்கள மக்கள் தும்பறை மலைத்தொடர் என்றும், மடக்கிய கையின் விரற்கணுக்களைப் போன்ற தோற்றங் கண்ட ஆங்கிலேயர் நக்கிள்ஸ் என்றும் பெயரிட்டழைத்த மலை அது. மூக்கின் நுனியில் சிறிய இலையொன்றை ஒட்டிவைத்தாற்போன்ற உறுப்புடைய ஓணான் ஒன்று அங்கு வாழ்கிறது. உலகில் வேறெங்கும் அது இல்லை. அக்காட்டுக்குரிய மற்றொரு சிற்றோணான் தனியினம் என்று 2006ஆம் ஆண்டிலேதான் அறிஞரால் விவரிக்கப்பட்டது. பல்லாயிரம் ஆண்டுகள் இடம்பெயராமல் ஒரே மலையில் ஒதுங்கி வாழ்ந்தமையால் உண்டான தனித்தன்மை இது.

மனிதரின் கதை இவ்வாறன்று. அவர்களுடைய தனித்தன்மை பெரும்பாலும் பயணங்களினாலேயே உருவாயிற்று. ஹுன்னஸ்கிரியவின் சுற்றுப்புறம் இதற்கு இரு சான்றுகளைத் தருகிறது. ஒன்று இங்கிருந்து தமிழ்நாட்டிற்குச் சென்ற ஒரு மன்னரின் பயணம். மற்றொன்று தமிழ்நாட்டிலிருந்து இங்கு வந்த ஏழை மக்களின் பயணம்.

கண்டி இராச்சியத்தின் இறுதி மன்னர் ஸ்ரீ விக்கிரமராஜசிங்கன், மதுரையோடு உறவு பூண்ட நாயக்கர் வழியினர். 1739 முதல் அவ்வழியினர் நால்வர் கண்டியில் அரசாண்டனர். ஆங்கிலேயப் படை கண்டியை அணுகியபோது மன்னர் தும்பறைப் பக்கமாக ஒதுங்கி, மெதமகாநுவரவுக்கு அருகே 1815 பெப்ரவரி 18ஆம் நாள் சிறைப்பட்டார். மறு ஆண்டில் கடல் கடந்து வேலூர்க் கோட்டைக்குக் கொண்டுசெல்லப்பட்ட அவர், 1832இல் அங்கேயே உயிர்நீத்தார். பாலாற்றங்கரையில் அவருக்குச் சமாதி உண்டு. தமிழ்நாட்டோடு இரத்த உறவுடையவர் கண்டி மன்னராக ஏற்கப்பட்டிருந்தார். முன்னோரின் நிலத்திற்கு மீண்டபோதோ கைதியாக இருந்தார்.

மன்னர் சென்ற சில ஆண்டுகளில், எதிர்த்திசையில் மக்கள் வரத் தொடங்கினர். அவர்களை அழைத்தது கோப்பி. 1820களில் கம்பளைப் பக்கத்தில் தொடங்கிய கோப்பிப் பயிர்ச்செய்கை, 1840களில் கண்டியைச் சூழ்ந்த மலைகளெங்கும் விரிந்தது. ஹுன்னஸ்கிரிய, மெதமகாநுவர, ரங்கல முதலிய பெயர்கள் தோட்டத் துரைமாரின் குறிப்பேடுகளில் கோப்பி மாவட்டங்களாக இடம்பெற்றன. திருச்சிராப்பள்ளி, தஞ்சாவூர், மதுரை, இராமநாதபுரம், சேலம், புதுக்கோட்டைப் பகுதிகளின் வறண்ட கிராமங்களிலிருந்து கங்காணிமார் மக்களைத் திரட்டி வந்தனர். மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே தம்புள்ளையையும் மாத்தளையையும் நோக்கி ஏறக்குறைய 150 மைல் நடந்தனர். வாந்திபேதியும் அம்மை நோயும் பசியும் வழியிலேயே பலரை மாய்த்தன. அக்காலத் தமிழ்நாட்டுக் கிராமங்களில் இம்மலைநாடு முழுவதற்கும் வழங்கிய பெயர் கண்டிச்சீமை என்பது.

இங்கே கவனிக்கத்தக்க செய்தி ஒன்றுண்டு. கோப்பிச்செடிக்கு ஆண்டு முழுவதும் பெருந்தொகையான ஆட்கள் தேவையில்லை. பழம் பறிக்கும் சில மாதங்களே வேலை மிகுந்த காலம். ஆகவே அம்மக்கள் பெரும்பாலும் ஆண்களாகவே வந்து, அறுவடை முடிந்ததும் கையிலுள்ள சொற்பப் பணத்துடன் தம் ஊருக்கு மீண்டனர். அவர்களுடைய வீடு கடலுக்கு அப்பாலேயே இருந்தது. மலை வேலைத்தலமாக மட்டும் இருந்தது.

1869இல் கோப்பி இலைகளின் அடிப்புறத்தில் செம்மஞ்சள் நிறத் துருப்போன்ற ஒரு நோய் கண்டது. அது ஒரு பங்கசின் வேலை. 1880இல் இலங்கைக்கு வந்து அதனை ஆராய்ந்த மார்ஷல் வார்ட் என்னும் இளம் அறிஞர், அதன் நுண்ணிய வித்துகள் காற்றில் பறந்து பரவுவதைக் காட்டினார். காட்டை முற்றாக அழித்து, மலைக்கு மலை ஒரே செடியை நட்டிருந்தமையால் நோய்க்குத் தடை எங்கும் இல்லை. இரண்டரை லட்சம் ஏக்கருக்கு மேல் பரந்திருந்த கோப்பி இருபது ஆண்டுகளுள் மறைந்தது. தென்னமெரிக்க அந்தீஸ் மலையின் சிங்கோனா சிறிது காலம் அவ்விடத்தைப் பிடித்தது. விளைச்சல் மிகுந்து விலை வீழ்ந்ததும் அதுவும் கைவிடப்பட்டது. நிலைத்தது தேயிலை. ஜேம்ஸ் டெயிலர் 1867இல் லூல்கந்துரையில் 19 ஏக்கரில் நட்ட தேயிலையே அதற்கு முன்மாதிரி. 1873இல் இலண்டனுக்குச் சென்ற முதல் பொதியின் நிறை 23 இறாத்தல்தான்.

தேயிலையின் இயல்பு வேறு. அதன் கொழுந்து வாரத்திற்கு ஒருமுறையேனும் துளிர்க்கும்; துளிர்த்ததைக் கிள்ளாவிட்டால் முற்றிப் பயனற்றுப்போகும். மழையிலும் பனியிலும் ஆண்டு முழுவதும் கைகள் வேண்டும். மெல்லிய கொழுந்தைக் கிள்ளுவதற்குப் பெண்களை மிகுதியாக நாடினர். எனவே குடும்பங்கள் வந்தன. லயங்களில் குழந்தைகள் பிறந்தன. மலைக்கு மலை மாரியம்மன் கோயில் எழுந்தது. சுருங்கச் சொன்னால், ஓர் ஆபிரிக்கச் செடியின் அழிவும் ஓர் ஆசியச் செடியின் இயல்பும் சேர்ந்து, வழிப்போக்கராயிருந்த மக்களை மலையின் குடிகளாக்கின.

இதே நூற்றாண்டில் தமிழர் இன்னும் தொலைவான நாடுகளுக்கும் சென்றனர். 1834 முதல் மொறிசியசுக்கும், 1850களில் கரிபியக் கடலிலுள்ள மார்த்தினிக், குவாதலூப் தீவுகளுக்கும் ஒப்பந்தக் கூலிகளாகப் போயினர். 1860இல் சென்னையிலிருந்து புறப்பட்ட ட்ரூரோ என்னும் கப்பல் தென்னாபிரிக்காவின் டர்பனை அடைந்தது. கரிபியத் தீவுகளுக்குச் சென்றோரின் வழித்தோன்றல்கள் தமிழைப் பேச்சுமொழியாக இழந்துவிட்டனர். ஆயினும் மாரியம்மன் வழிபாட்டை விடவில்லை. மொறிசியசில் தைப்பூசக் காவடி நாள் அரசாங்க விடுமுறை நாளாக உள்ளது. தொலைவு மிகுந்த இடங்களில் மொழி முதலில் தேய்ந்தது, வழிபாடு நிலைத்தது. கண்டிச்சீமையோ அருகிலிருந்தது. 1914இல் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பற் சேவை தொடங்கியபின் போக்குவரத்து மேலும் எளிதாயிற்று. அதனால் மொழியும் நிலைத்தது; மாசியில் காமன் கூத்தும், அருச்சுனன் தபசும், பொன்னர் சங்கர் கதையும் நிலைத்தன. அவற்றுடன் தோட்டத்திற்கே உரிய புதுச் சொற்களும் சேர்ந்தன. ஆட்களைக் கூட்டி வேலை பிரிக்கும் இடத்தைப் பிரட்டுக்களம் என்பதும், தேயிலை நட்ட நிலப்பிரிவை மலை என்பதும் தமிழ்நாட்டார் அறியாத வழக்குகள்.

எனினும் சட்டம் இம்மக்களை இன்னும் வழிப்போக்கராகவே கண்டது. 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் அவர்களுள் மிகப் பெரும்பாலோரை நாடற்றவராக்கிற்று. 1964 ஒக்டோபரில் சிறிமா-சாஸ்திரி உடன்படிக்கை செய்யப்பட்டது. 9,75,000 பேரின் எதிர்காலம் பேசப்பட்ட அவ்வுடன்படிக்கையில் 5,25,000 பேரை இந்தியாவும் 3,00,000 பேரை இலங்கையும் ஏற்பதென முடிவாயிற்று. எஞ்சிய 1,50,000 பேரை இரு நாடுகளும் சரிபாதியாக ஏற்பதென 1974இல் இணக்கம் காணப்பட்டது. பாட்டன்மாரை அனுப்பிவைத்த மண்டபம் முகாமே பேரப்பிள்ளைகளை வரவேற்றது. அவர்களுக்கு வேலையளிக்கும் பொருட்டு 1968இல் தமிழ்நாட்டு அரசு நீலகிரியில் தேயிலைத் தோட்டங்களை அமைக்கத் தொடங்கியது. கண்டி மலையில் இந்தியத் தமிழர் எனப்பட்டோர் கூடலூரிலும் கோத்தகிரியிலும் சிலோன்காரர் எனப்பட்டனர். இலங்கையில் தங்கியோரின் நாடற்ற நிலையை நீக்கும் சட்டம் 2003இல் நிறைவேறியது. இவ்விடத்தில் தேயிலையையும் எண்ணிப் பார்த்தல் தகும். அசாம் வித்திலிருந்து முளைத்த அச்செடி ஒரு தலைமுறைக்குள் சிலோன் தேயிலை என்று உலகப் புகழ் பெற்றது. 1972இல் நாட்டின் பெயர் மாறிய பின்னரும் அப்பெயர் மாறவில்லை. செடிக்கு விரைந்து கிடைத்த ஊர்ப்பெயர், அதைப் பறித்த கைகளுக்குக் கிடைக்கப் பல தலைமுறைகள் சென்றன. அவர்கள் இன்று தமக்கெனக் கொண்ட மலையகத் தமிழர் என்ற பெயரில், மலையும் மொழியும் இணைந்து நிற்கின்றன.

வந்தவை அனைத்தும் நன்மையே செய்தன என்று கூறுதல் இயலாது. ஒரு காலத்தில் காட்டின் அடிச்செடிகளை அகற்றி ஏலம் பயிரிட்டனர். இளமரங்கள் முளைக்க இடமில்லாமற் போயிற்று. 1985இல் உயர்காட்டில் ஏலப் பயிர் தடைசெய்யப்பட்டது. பைன் தோப்புகளின் அடியில் உதிரும் ஊசியிலைகள் எளிதில் மக்குவதில்லை. வறட்சிக் காலத்தில் தீப்பற்றுகின்றன. கைவிடப்பட்ட தேயிலை மலைகளில் மானாப்புல் மூடிக்கொள்கிறது. மறுபுறத்தில், காட்டைக் காக்கும் எண்ணமும் இங்குப் புதிதன்று. சேர் ஜோசப் ஹூக்கரின் அறிவுரைப்படி 1873இலேயே 5,000 அடிக்கு மேற்பட்ட காடுகளைக் காக்க விதி செய்யப்பட்டது. மழையையும் நீரூற்றுகளையும் காப்பதே அதன் நோக்கம். 2000ஆம் ஆண்டில் நக்கிள்ஸ் பேணற்காடாகப் பிரகடனம் செய்யப்பட்டது. 2010இல் மத்திய மலைநாட்டின் ஒரு பகுதியாக உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்ந்தது.

சிங்கராஜ வனத்தின் ஓரத்தில் அறிஞர்கள் செய்த ஒரு சோதனை இங்கு நினைக்கத்தக்கது. அந்நிய மரமென்று பைனை முழுதும் வெட்டியெறியாமல், வரிசைகளுக்கிடையே சில மரங்களை மட்டும் நீக்கி, அந்நிழலில் உள்நாட்டு மரக்கன்றுகளை நட்டனர். கன்றுகள் தழைத்தன. வந்த மரம் உள்ளூர் மரத்திற்குச் செவிலித்தாயாயிற்று. ஆகவே ஒரு மலைக்கு எது உரியது என்பதைத் தீர்மானிக்கப் பிறப்பிடம் ஒன்றே போதிய அளவுகோலாகாது. அது மண்ணைப் பிடித்து நிற்கிறதா, ஊற்றைக் காக்கிறதா, பிறவற்றுக்கு வாழ இடம் தருகிறதா என்பனவும் கேட்கப்பட வேண்டிய கேள்விகள்.

மனிதர் திறத்தில் இந்த அளவுகோல் இன்னும் தெளிவானது. கற்களை அடுக்கி மண்ணரிப்பைத் தடுக்கும் அணைகளும், மழைநீரை வழிநடத்தும் கான்களும், மலையைச் சுற்றி ஏறும் பாதைகளும் அம்மக்களின் உழைப்பால் ஆனவை. அவற்றை அமைத்தோர் பலரின் பெயர் எக்குறிப்பேட்டிலும் இல்லை. அவர்களுடைய உடல்கள் தேயிலைச் செடிகளுக்கிடையிலேயே அடக்கம் செய்யப்பட்டன. அவர்களின் பிள்ளைகள் தம் ஊர் எதுவென்று கேட்கப்படும்போது மலையைச் சுட்டிக்காட்டுவது முற்றிலும் நியாயமானதே. தாம் குடியிருக்கும் வீட்டுக்கும் அதைச் சூழ்ந்த சிறு நிலத்துக்கும் உறுதி கோரி அவர்கள் இன்று எழுப்பும் குரலையும் இந்நியாயத்தின் தொடர்ச்சியாகவே கொள்ளல் வேண்டும்.