வட்டி யார் பையிலிருந்து?

வைப்பு நிதி தாமதமானால் நஷ்டம் ஊழியருக்குத்தான் என்று சட்டம் சொல்லவில்லை. ஆனால் அதைக் கேட்டு வாங்குவது தனி வேலை.

ஹைதராபாத் பர்கத்புராவில் உள்ள வைப்பு நிதி அலுவலகத்தின் பெயர் பவிஷ்ய நிதி பவன். தமிழில் சொன்னால் வருங்கால நிதி மாளிகை. மனுவும் கையுமாக அங்கே வருகிறவர்களில் பலர் ஓய்வு பெற்றவர்கள். சட்டம் சொன்ன வருங்காலம் அவர்களுக்கு வந்தேவிட்டது; நிதிதான் பாக்கி.

பொதுத்துறை ஊழியர் என்றால் அலைச்சல் இரட்டிப்பு. பெரிய நிறுவனங்கள் பல, விலக்கு பெற்றுத் தாங்களே அறக்கட்டளை அமைத்து ஊழியர்களின் பி.எஃப். பணத்தை நிர்வகித்து வந்தன. முஷீராபாத் பஸ் பவனைத் தலைமையிடமாகக் கொண்ட ஆர்.டி.சி.யும் அப்படித்தான். நிஜாம் காலத்தில், 1932-ல், 27 பேருந்துகளுடனும் 166 ஊழியர்களுடனும் தொடங்கிய நிறுவனம் அது. விலக்குக்கு நிபந்தனை உண்டு: மத்திய அரசு அறிவிக்கும் வட்டிக்குக் குறையாமல் அறக்கட்டளை தர வேண்டும், துண்டு விழுந்தால் நிறுவனம் ஈடுகட்ட வேண்டும்.

காகிதத்தில் கச்சிதமான ஏற்பாடு. ஆனால் நஷ்டத்தில் ஓடும் நிறுவனத்துக்குக் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கும் பணமும் இதுதான். டீசல் விற்பவர் ரொக்கம் கேட்பார், அறக்கட்டளை கேட்காது. தெலங்கானா ஆர்.டி.சி. ஊழியர்கள் 2019-ல் 52 நாள் வேலைநிறுத்தம் செய்தபோது, பி.எஃப்.புக்கும் கூட்டுறவுக் கடன் சங்கத்துக்கும் சேர வேண்டிய பணத்தை நிர்வாகம் வேறு செலவுக்குத் திருப்பிவிட்டது என்பது தொழிற்சங்கங்களின் முக்கியமான புகார்களில் ஒன்று. கடன் சங்க விவகாரம் உயர் நீதிமன்றம் வரை போனது.

வட்டி கேட்டு வழக்குப் போட நினைப்பவர் முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது, எந்த வட்டி என்பதை. ஆண்டுதோறும் கணக்கில் ஏறும் வட்டி நிதியிலிருந்து வருவது. 2023-24-க்கு அது 8.25 சதவீதம். நிறுவனம் பணத்தைக் கட்டத் தாமதித்தால் 1952-ம் ஆண்டுச் சட்டத்தின் 7-க்யூ பிரிவு விதித்த 12 சதவீத வட்டி வேறு. அது நிறுவனத்தின் பையிலிருந்து. மூன்றாவதுதான் சுவாரசியமானது. எல்லா விவரங்களும் சரியாக உள்ள மனுவை 20 நாளுக்குள் தீர்க்காமல், தக்க காரணமின்றி இழுத்தடித்தால் ஆணையர் மீதே 12 சதவீத அபராத வட்டி விழலாம், அதை அவர் சம்பளத்திலேயே பிடிக்கலாம் என்றது 1952-ம் ஆண்டுத் திட்டத்தின் விதி. அதிகாரியின் சட்டைப் பையைத் தொடும் இத்தகைய விதிகள் நம் நாட்டில் அபூர்வம். அது பயன்படுவது அதைவிட அபூர்வம் என்றே தோன்றுகிறது.

பத்து லட்ச ரூபாய் ஓராண்டு தாமதமானால் 8.25 சதவீதத்தில் 82,500 ரூபாய். 12 சதவீதத்தில் 1,20,000. பெண் கல்யாணத்துக்கு வெளியில் கடன் வாங்கிவிட்டுக் காத்திருக்கும் கண்டக்டருக்கு இது சில்லறை அல்ல.

அவருக்கு வழி திறந்துவிட்டது 1999 டிசம்பர் 14-ல் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. நாங்கள் சட்டக் கடமையைச் செய்கிறோம், சேவை விற்கவில்லை என்பது வைப்பு நிதித் தரப்பின் வாதம். நீதிமன்றம் ஏற்கவில்லை. திட்டத்தின் உறுப்பினர் நுகர்வோரே. நிர்வாகச் செலவுக்குக் கட்டணம் வசூலிக்கப்படும்போது அதை இலவச சேவை என்று சொல்ல முடியாது என்று கூறிவிட்டது. அதன் பிறகு பர்கத்புராவின் தாமதத்தை நுகர்வோர் மன்றத்திலும் கேட்க முடிந்தது.

நிறுவனமே பணத்தை வைத்துக்கொண்டால்? ஊழியர் சம்பளத்தில் பிடித்த பங்கைக் கட்டாமல் விடுவது நம்பிக்கை மோசடிக் குற்றம். விலக்கு பெற்ற நிறுவனமும் இதற்குத் தப்பாது என்பதைப் பழைய தண்டனைச் சட்டத்தின் 405-ம் பிரிவின் விளக்கமே தெளிவாகச் சொன்னது.

ஆகவே ஓய்வுபெறுகிறவர் சம்பளச் சீட்டுகளையும் ஆண்டுக் கணக்குச் சீட்டுகளையும் பழைய பேப்பர்காரரிடம் போட்டுவிடக் கூடாது. மனு கொடுத்த தேதிக்கு முத்திரையுடன் ஒப்புகை வாங்க வேண்டும். வட்டி கணக்கிடப்படுவது அந்தத் தேதியை வைத்துத்தான். அசல் மட்டும் வந்தால், "வட்டிக்கான உரிமையை விட்டுக்கொடுக்காமல்" என்று எழுதிக் கையெழுத்திடலாம். நுகர்வோர் ஆணையத்துக்குப் போக இரண்டு ஆண்டுதான் கெடு.