82 ஆட்டம், 22 வெற்றி... ஆனாலும் கோச்சை மாற்றாத அணி! யார் இந்த ஜாரெட் பெட்னார்?

82 ஆட்டங்கள். ஜெயித்தது 22 மட்டும். மீதி 60 ஆட்டங்களிலும் தோல்வி. மொத்தம் 30 அணிகள் இருந்த லீக்கில் கடைசி இடம்.

2017 ஏப்ரலில் அமெரிக்காவின் டென்வர் நகரில் இருக்கும் கொலராடோ அவலாஞ்ச் என்ற ஐஸ் ஹாக்கி அணியின் நிலைமை இதுதான். இப்படி ஒரு சீசன் முடிந்தால் அடுத்து என்ன செய்தி வரும்? 'பயிற்சியாளர் அதிரடி நீக்கம்'. விளையாட்டுச் செய்தி படிக்கிற எல்லோருக்கும் பழகிப்போன தலைப்பு அது.

ஆனால் அந்தச் செய்தி வரவே இல்லை. அதே பயிற்சியாளர் அதே அணியில் தொடர்ந்தார். ஐந்து வருஷம் கழித்து, 2022 ஜூன் 26-ம் தேதி, ஐஸ் ஹாக்கியின் மிகப் பெரிய பரிசான ஸ்டான்லி கோப்பையை அந்த அணி வென்றது.

அந்தப் பயிற்சியாளர் பெயர் ஜாரெட் பெட்னார். இதில் இன்னொரு விஷயமும் இருக்கு. அவர் பயிற்சி கொடுக்கும் அந்த உச்ச லீக்கில், வீரராக ஒரே ஒரு ஆட்டம்கூட ஆடியது கிடையாது. அப்படிப்பட்டவரை ஏன் நம்பினார்கள்? பார்க்கலாம்.

முதலில், இந்த லீக் கணக்கு என்ன?

வட அமெரிக்காவில் ஐஸ் ஹாக்கி ஒரு ஏணி மாதிரி. உச்சியில் இருப்பது என்.எச்.எல். பணம், புகழ், டிவி வெளிச்சம் எல்லாம் அங்கேதான். அதற்கு அடுத்த படி ஏ.எச்.எல். அதற்கும் கீழே ஈ.சி.எச்.எல்.

நமக்குப் புரிகிற மாதிரி சொன்னால், இந்திய அணிக்குக் கீழே ரஞ்சி, அதற்குக் கீழே மாவட்ட அளவு கிரிக்கெட் இருக்கிற மாதிரி. ஒரு வித்தியாசம் உண்டு. அங்கே கீழ்ப்படியில் இருப்பவர்களும் சம்பளம் வாங்கும் தொழில்முறை வீரர்கள். பெரும்பாலான என்.எச்.எல். அணிகளுக்கு ஏ.எச்.எல்-லில் ஒரு அணியும், ஈ.சி.எச்.எல்-லில் ஒரு அணியும் துணை அணிகளாக இருக்கும். மேலே ஒரு வீரருக்கு அடிபட்டால், கீழே இருந்து ஒருவரை உடனே கூப்பிட்டுக்கொள்வார்கள்.

மூன்று படிக்கும் மூன்று கோப்பைகள். கீழே கெல்லி கோப்பை, நடுவில் கால்டர் கோப்பை, உச்சியில் ஸ்டான்லி கோப்பை. இந்த மூன்று பெயரையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

வீரர் பெட்னார் எப்படி?

1972-ல் கனடாவின் சஸ்காட்சுவான் மாகாணத்தில் உள்ள யார்க்டன் ஊரில் பிறந்தவர் பெட்னார். ஆடியது டிஃபென்ஸ், அதாவது தடுப்பாட்டம்.

ஐஸ் ஹாக்கியில் ஒரு அணிக்கு ஒரே நேரத்தில் ஆறு பேர் களத்தில் இருப்பார்கள். ஒரு கோல்கீப்பர், மூன்று முன்கள வீரர்கள், இரண்டு தடுப்பாட்டக்காரர்கள். எதிரணி பாய்ந்து வரும்போது மறிப்பது, இடிப்பது, 'பக்' எனப்படும் அந்தக் கறுப்பு ரப்பர் வட்டைப் பறித்து முன்னால் இருப்பவர்களுக்குத் தள்ளுவது எல்லாம் இந்த இரண்டு பேர் வேலை. பெட்னார் முரட்டு ரகம். கோல் அடிப்பதைவிட, தவறுக்கான தண்டனைப் பெட்டியில் உட்கார்ந்ததுதான் அதிகம்.

1993-ல் தொழில்முறை வீரரானார். ஒன்பது வருஷம் ஆடினார். நடுப்படியான ஏ.எச்.எல். வரைக்கும் எட்டிப் பார்த்தார். ஆனால் பெரும்பகுதி கழிந்தது ஈ.சி.எச்.எல்-லில்தான். அங்கே அவருடைய முக்கியமான அணி, சவுத் கரோலினா ஸ்டிங்ரேஸ். அந்த அணியோடு 1997-லும் 2001-லும் கெல்லி கோப்பையை வென்றார்.

உச்ச லீக்கிலிருந்து அழைப்பு வரவே இல்லை. 2002-ல், 30 வயதில், ஆட்டத்தை நிறுத்தினார்.

ரிட்டயர்டு ஆன பிறகு என்ன செய்தார்?

வேறு எங்கேயும் போகவில்லை. அதே ஸ்டிங்ரேஸ் அணியில் உதவிப் பயிற்சியாளரானார். ஒரு வருஷம், இரண்டு வருஷம் இல்லை, ஐந்து சீசன். 2007-ல் தலைமைப் பயிற்சியாளர் பதவி வந்தது. 2009-ல் அலாஸ்கா ஏசஸ் அணியை இறுதிச் சுற்றில் ஏழு ஆட்டம் வரை போராடி வீழ்த்தி, மூன்றாவது கெல்லி கோப்பை.

ஸ்டிங்ரேஸ் வென்றிருக்கும் கெல்லி கோப்பைகள் 1997, 2001, 2009. மூன்றிலும் பெட்னார் இருந்தார். இரண்டில் களத்தில், ஒன்றில் களத்துக்கு வெளியே.

இந்தக் கீழ்ப்படியில் கோச் வேலை சுலபம் என்று நினைக்காதீங்க. நன்றாக ஆடும் வீரர் இன்று இருப்பார், நாளைக்கு மேல் லீக்கில் இருந்து போன் வந்தால் கிளம்பிவிடுவார். 'போகாதே' என்று சொல்லவும் முடியாது. போவதற்காகத்தானே அவர் இங்கே ஆடுகிறார்? மிச்சம் இருப்பவர்களை வைத்து அந்த வாரமே ஜெயிக்கணும். பல மணி நேரம் பஸ்ஸில் பயணம். ஆள் தேடுவதிலிருந்து அணியைக் கட்டுவது வரை பல வேலை பயிற்சியாளர் தலையில்தான்.

இப்படி ஒரு இடத்தில் ஏழு வருஷம் இருந்தவருக்கு ஒன்று பழகியிருக்கும். நினைத்த அணி கையில் இருக்காது. இருக்கிற அணியை வைத்துத்தான் ஆடணும்.

ஏறியது மட்டும்தானா? இறங்கியதும் உண்டு

பெட்னாரின் கதையில் பலரும் கவனிக்காத பகுதி இது.

2009-ல் கோப்பை வென்ற தலைமைப் பயிற்சியாளர், அடுத்த சீசனில் ஏ.எச்.எல். அணியான அபாட்ஸ்ஃபோர்டு ஹீட்டில் உதவிப் பயிற்சியாளர். மேல் படிக்குப் போனார், ஆனால் நாற்காலி சின்னதாகிவிட்டது. 2010-ல் பியோரியா ரிவர்மென் அணியில் தலைமைப் பொறுப்பு கிடைத்தது. இரண்டு சீசன். 2012-ல் அதுவும் முடிந்தது. திரும்பவும் ஸ்பிரிங்ஃபீல்டு ஃபால்கன்ஸ் அணியில் உதவிப் பயிற்சியாளர்.

அதாவது, தலைமைப் பயிற்சியாளராக இருந்துவிட்டு இரண்டு முறை உதவியாளராக உட்கார்ந்திருக்கிறார். 40 வயதில் இது எத்தனை பேருக்குச் சம்மதமாக இருக்கும்?

இரண்டு வருஷம் கழித்து ஸ்பிரிங்ஃபீல்டிலேயே தலைமைப் பொறுப்பு. பிறகு 2015-ல் கிளீவ்லாந்து நகரின் லேக் ஈரி மான்ஸ்டர்ஸ் அணி. அங்கேதான் திருப்பம்.

2016 ஜூன். கால்டர் கோப்பை இறுதிச் சுற்று. ஹெர்ஷி பேர்ஸ் அணிக்கு எதிராக மான்ஸ்டர்ஸ் மூன்று ஆட்டம் ஜெயித்துவிட்டது. நான்காவது ஆட்டம் 0-0 என்று கூடுதல் நேரத்துக்குப் போகிறது. அந்தக் கூடுதல் நேரமும் முடிய இரண்டு விநாடிகூட இல்லாத நேரத்தில் ஆலிவர் பியார்க்ஸ்ட்ராண்ட் என்ற 21 வயதுப் பையன் கோல் அடித்தார். கோப்பை கிளீவ்லாந்துக்கு. அந்த பிளே ஆஃப் முழுக்க மான்ஸ்டர்ஸ் ஆடிய 17 ஆட்டங்களில் 15 வெற்றி.

உச்ச லீக் வாய்ப்பு எப்படி வந்தது?

அதிர்ஷ்டம் என்று சொல்லலாம். ஆனால் ரொம்ப மோசமான நேரத்தில் வந்த அதிர்ஷ்டம்.

கொலராடோவின் பயிற்சியாளராக இருந்தவர் பேட்ரிக் ரூவா. ஐஸ் ஹாக்கி வரலாற்றின் மிகச் சிறந்த கோல்கீப்பர்களில் ஒருவர். அணியின் முடிவுகளில் தன் கருத்துக்குப் போதிய இடம் இல்லை என்று சொல்லி, 2016 ஆகஸ்ட் 11-ம் தேதி திடீரென ராஜினாமா செய்தார். சீசன் தொடங்கச் சுமார் இரண்டு மாதம்தான் இருந்தது. இரண்டு வாரத்தில், ஆகஸ்ட் 25-ம் தேதி, பெட்னார் நியமிக்கப்பட்டார்.

ஒரு ஜாம்பவான் போன இடத்துக்கு, என்.எச்.எல்-லில் ஒரு ஆட்டம்கூட ஆடாத 44 வயதுக்காரர். பயிற்சி முகாமுக்கு இன்னும் சில வாரங்களே பாக்கி.

அந்த சீசனில் நடந்தது மேலே படித்ததுதான். முக்கிய கோல்கீப்பர் செம்யோன் வர்லமோவ் இடுப்பு அறுவை சிகிச்சையால் பாதி சீசனிலேயே விலகினார். மூத்த தடுப்பாட்டக்காரர் எரிக் ஜான்சனுக்குக் கால் எலும்பு முறிவு. அணி அடித்த கோல்கள் 166, வாங்கிய கோல்கள் 278. வெற்றிக்கு 2 புள்ளி, கூடுதல் நேரத்தில் தோற்றால் 1 புள்ளி என்ற கணக்கில் மொத்தம் கிடைத்தது 48 புள்ளி. 2005-ல் அணிகளின் சம்பளச் செலவுக்கு உச்சவரம்பு வந்த பிறகு, அதுவரை யாரும் அவ்வளவு குறைவாக எடுத்ததில்லை.

பிறகு ஏன் நீக்கவில்லை?

முடிவு எடுக்க வேண்டியவர் பொது மேலாளர் ஜோ சாகிக். அவரே கொலராடோவின் முன்னாள் கேப்டன், அந்த அணிக்காக இரண்டு ஸ்டான்லி கோப்பைகளைத் தூக்கியவர். அவர் கோச்சைத் தொடவில்லை. அணியை மாற்ற ஆரம்பித்தார்.

கடைசி இடம் பிடித்த அணிக்கு ஒரே ஆறுதல், இளம் வீரர்களைத் தேர்வு செய்யும் டிராஃப்டில் முன்னுரிமை. அதற்கும் குலுக்கல் உண்டு. அந்தக் குலுக்கலும் காலை வாரியது. கொலராடோவுக்குக் கிடைத்தது நான்காவது இடம்தான். மூன்று அணிகள் ஆளை எடுத்த பிறகு, மிச்சம் இருந்தவர்களில் கேல் மக்கார் என்ற தடுப்பாட்டக்காரரைத் தேர்வு செய்தார்கள். இந்தப் பெயரையும் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

2017 நவம்பரில் நட்சத்திர வீரர் மேட் டுஷேனை மூன்று அணிகளுக்கு இடையிலான ஒப்பந்தத்தில் விட்டுக்கொடுத்தார்கள். பதிலுக்கு இளம் தடுப்பாட்டக்காரர் சாமுவேல் ஜிரார்டும், எதிர்கால டிராஃப்ட் வாய்ப்புகளும் வந்தன.

பலன் அந்த சீசனிலேயே தெரிந்தது. 48 புள்ளி எடுத்த அணி 95 புள்ளி எடுத்தது. கடைசி லீக் ஆட்டத்தில் செயின்ட் லூயிஸை வீழ்த்தினால்தான் பிளே ஆஃப் என்ற நிலையில், 5-2 என ஜெயித்து உள்ளே போனது. சிறந்த பயிற்சியாளர் விருதுக்கான இறுதி மூவரில் பெட்னார் பெயரும் இருந்தது.

அப்படியே நேராக கோப்பைக்குப் போனார்களா?

அதுதான் இல்லை. 2019-ல் இரண்டாவது சுற்றில் வெளியே. 2020-ல் இரண்டாவது சுற்றில் வெளியே. 2021-ல் லீக் சுற்றில் எல்லா அணிகளையும் தாண்டி முதலிடம். ஆனால் பிளே ஆஃப் இரண்டாவது சுற்றில் வேகாஸ் அணிக்கு எதிராக 2-0 என முன்னிலை பெற்றுவிட்டு, அடுத்த நான்கு ஆட்டமும் தொடர்ந்து தோல்வி. 'இவருக்கு இதற்கு மேல் ஏறத் தெரியாது' என்று சொல்ல வசதியான தோல்வி. அப்போதும் அவரை மாற்றவில்லை.

2022-ல் எல்லாம் கூடி வந்தது. லீக் சுற்றில் 56 வெற்றி, 119 புள்ளி. பிளே ஆஃபில் 20 ஆட்டங்களில் 16 வெற்றி. இறுதிச் சுற்றில் எதிரில் நின்றது, தொடர்ந்து இரண்டு முறை சாம்பியனான டாம்பா பே. ஆறாவது ஆட்டத்தில் 2-1 என வென்று கோப்பை கொலராடோவுக்கு. பிளே ஆஃபின் சிறந்த வீரர் விருது கேல் மக்காருக்கு. ஆமாம், குலுக்கலில் சரிந்து நான்காவதாக எடுத்த அதே தடுப்பாட்டக்காரர்தான்.

அன்றைக்குப் பெட்னாருக்கு 50 வயது. கெல்லி, கால்டர், ஸ்டான்லி என்ற மூன்று கோப்பைகளையும் தலைமைப் பயிற்சியாளராக வென்ற முதல் ஆள் அவர்தான்.

சுவாரஸ்யம் என்னன்னா, அந்த இறுதிச் சுற்றில் எதிரணி பெஞ்சில் நின்ற ஜான் கூப்பரும் என்.எச்.எல். ஆடியவர் இல்லை. வக்கீலாக இருந்து, பள்ளி அணிக்குப் பயிற்சி கொடுத்து, கீழ் லீக் வழியாக மேலே வந்தவர்.

இதிலிருந்து என்ன தெரியுது?

பெரிய வீரர்தான் பெரிய கோச் ஆவார் என்ற எண்ணம் எல்லா விளையாட்டிலும் உண்டு. ஆனால் இயல்பாகவே திறமை வந்தவருக்கு, அது வராதவரின் சிரமம் சில நேரம் புரியாது. கீழ் லீக் தடுப்பாட்டக்காரருக்கு அது நன்றாகத் தெரியும். எங்கே நிற்கணும், எப்போது விலகணும் என்று ஒவ்வொன்றையும் யோசித்துச் செய்துதான் அவர் தன் இடத்தைக் காப்பாற்றியிருப்பார். யோசித்துச் செய்ததைத்தான் அடுத்தவருக்குச் சொல்லித்தர முடியும்.

இன்னொரு பக்கமும் இருக்கு. பொறுமை எப்போதும் கோப்பை தராது. 2023-ல் சியாட்டிலிடம் முதல் சுற்றில் தோல்வி, 2024-லும் 2025-லும் டல்லஸிடம் தோல்வி. பெட்னார் மந்திரவாதி எல்லாம் இல்லை.

ஆனால் 2017 ஏப்ரலில் சாகிக் முன்னால் இருந்த கேள்வி, 'இவர் 60 ஆட்டம் தோற்றாரே' என்பது மட்டும் இல்லை. 'இந்தத் தோல்வி இவரால் வந்ததா, இவர் கையில் கொடுத்த அணியால் வந்ததா?' என்பதும்தான். அணியைத் திருத்தினார், ஆளை வைத்துக்கொண்டார். அந்த முடிவு சரிதான் என்று தெரிய ஐந்து வருஷம் ஆனது.