கேமரா வரைந்த முகங்கள் - 11: மறுத்துச் சொன்னவர்கள்

ஒரு பாடகியை ஒரு நாட்டின் நினைவிலிருந்து அகற்ற முடியுமா? செக்கோஸ்லோவாக்கியாவின் கம்யூனிஸ்ட் அரசு 1970-இல் அதற்கு முயன்றது. மார்த்தா குபிஷோவா அப்போது நாட்டின் முன்னணிப் பாடகி. ரசிகர்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுக்கும் 'தங்க நைட்டிங்கேல்' விருதை 1966, 1968, 1969 என மூன்று முறை வென்றவர். 1968 ஆகஸ்டில் சோவியத் தலைமையிலான படைகள் டாங்கிகளோடு நாட்டுக்குள் நுழைந்தபோது, அவர் பாடிய 'மார்த்தாவுக்கான பிரார்த்தனை' மக்களின் எதிர்ப்புப் பாட்டாகவே ஆகிவிட்டது. 17-ஆம் நூற்றாண்டின் செக் சிந்தனையாளர் கொமேனியஸின் சொற்களை அடியொற்றி எழுதப்பட்ட பாட்டு அது.

இப்படிப்பட்டவரைச் சிறையில் தள்ளினால் அவர் புகழ் இன்னும் வளரும். ஆகவே வேறு வழி தேடினார்கள். அவர் ஆபாசப் படங்களுக்குப் போஸ் கொடுத்ததாகக் காட்டும் போலிப் புகைப்படங்கள் கிளம்பின. அதைச் சாக்காக வைத்து மேடையும் வானொலியும் தொலைக்காட்சியும் அவருக்கு அடைக்கப்பட்டன. அப்போது அவருக்கு வயது 27. பிழைப்புக்காகப் பிளாஸ்டிக் பை தயாரிக்கும் வேலை செய்தார். மனித உரிமைக்கான 'சார்ட்டர் 77' சாசனத்தில் கையெழுத்திட்டு, அதன் செய்தித் தொடர்பாளர்களில் ஒருவராகவும் இருந்தார். 1989 நவம்பரில் பிராக் நகரின் வென்செஸ்லாஸ் சதுக்கத்தில், மெலன்ட்ரிக் கட்டடத்து மாடத்தில் நின்று அவர் மறுபடி பாடியபோது, கீழே திரண்டிருந்த கூட்டத்துக்கு அந்தப் பாட்டு மறந்திருக்கவில்லை.

அதற்கும் கால் நூற்றாண்டு கழித்து, 2014-இல், அவரைப் பற்றி ஒரு முழுநீள ஆவணப்படம் வந்தது. 'ஒரு கலகக்காரியின் மந்திரக்குரல்' என்று அதன் பெயரைத் தமிழில் சொல்லலாம். அதை எடுத்தவர் ஓல்கா சொம்மெரோவா. இந்த வாரம் நாம் சந்திக்கப்போவது அவரைத்தான்.

பத்தொன்பது வயதில் பார்த்த டாங்கிகள்

சொம்மெரோவா 1949 ஆகஸ்ட் 2-ஆம் தேதி பிராகில் பிறந்தவர். இந்தத் தேதியை நான் சும்மா சொல்லவில்லை. அவருக்கு 19 வயது நிறைந்து மூன்று வாரம்கூட ஆகாத நிலையில், 1968 ஆகஸ்ட் 20-ஆம் தேதி இரவு படைகள் எல்லை தாண்டின. அந்த வயதில் யாருடைய பாட்டைக் கேட்டோமோ, யாருடைய வெற்றிக்குக் கைதட்டினோமோ, யாருடைய நாடக அரங்குக்கு டிக்கெட் வாங்க வரிசையில் நின்றோமோ, அவர்கள் ஒருவர் பின் ஒருவராகக் காணாமல் போவதை அந்தத் தலைமுறை தன் கண்ணால் பார்த்தது. நாற்பது ஆண்டுகளுக்குப் பிறகு சொம்மெரோவா யார் யாரைத் தேடிப் போய்ப் படமெடுத்தார் என்ற பட்டியலைப் பார்த்தால், அது அந்தக் காணாமல் போனவர்களின் பட்டியலாகவே இருக்கிறது.

1972-இல் பிராகின் புகழ்பெற்ற திரைப்படக் கல்லூரியான ஃபாமுவில் சேர்ந்து, 1977-இல் படித்து முடித்தார். செக் சினிமாவின் 'புதிய அலை' இயக்குநர்களை உருவாக்கிய கல்லூரி அது. ஆனால் சொம்மெரோவா உள்ளே நுழைந்தபோது அலை அடங்கியிருந்தது. புதிய அலையின் முக்கியப் படங்கள் சில பெட்டிக்குள் பூட்டப்பட்டிருந்தன. அந்த அலையின் இயக்குநர்களான மிலோஷ் ஃபோர்மன் போன்றோர் வெளிநாட்டில் இருந்தனர். 'இயல்புநிலைக்குத் திரும்புதல்' என்று ஆட்சியாளர்கள் பெயர் சூட்டிய அடக்குமுறைக் காலம் அது.

படிப்பு முடிந்ததும், அரசின் குறும்பட நிறுவனமான 'க்ராட்கி ஃபிலிம்' ஸ்டுடியோவில் வேலை கிடைத்தது. 1991 வரை அங்கேதான் இருந்தார். அங்கே எடுக்கப்படும் குறும்படங்களைத் திரையரங்குகளில் முழுநீளப் படத்துக்கு முன்னால் போடுவார்கள். அரசியலை நேரடியாகத் தொட முடியாது. ஆனால் வீட்டுக்குள் நுழையலாம். மணமுறிவு, பிள்ளை வளர்ப்பு, பெண்களின் அன்றாடம் ஆகியவற்றைக் கேட்கத் தடை இல்லை. குடும்பத்தைப் பற்றிப் பேசுவதுபோல் பேசிச் சமூகத்தைப் பற்றிச் சொல்வது அந்த நாட்டு ஆவணப்படக்காரர்கள் பலர் கையாண்ட வழி. ஒருவரை எதிரே உட்கார வைத்து, அவர் வாழ்க்கையை அவர் வாயாலேயே சொல்ல வைக்கும் கலையைச் சொம்மெரோவா இந்த ஆண்டுகளில்தான் கைக்குக் கொண்டுவந்தார்.

வீட்டிலும் அவருக்கு ஒரு கல்லூரி இருந்தது. கணவர் யான் ஷ்பாட்டா, செக் ஆவணப்பட உலகின் மிகப் பெரிய ஒளிப்பதிவாளர்களில் ஒருவர். தாமே பல படங்களை இயக்கியவர். கிராமங்களில் தனித்து வாழும் மூதாட்டிகளைப் பற்றி அவர் 1967-இல் எடுத்த படம் இன்றும் ஆவணப்பட மாணவர்களுக்குப் பாடம். மகள் ஓல்கா ஷ்பாட்டோவாவும் இதே துறைக்கு வந்தார். தாய் கேள்வி கேட்க, மகள் கேமராவுக்குப் பின்னால் நிற்க, உருவான படங்களில் ஒன்றுதான் 'வேரா 68'.

தலையைத் திருப்பிய வீராங்கனை

வேரா சாஸ்லாவ்ஸ்கா கலைஞரா, விளையாட்டு வீராங்கனையா என்று பிரித்துப் பார்க்கச் செக் மக்கள் விரும்புவதில்லை. ஜிம்னாஸ்டிக்ஸில் ஏழு ஒலிம்பிக் தங்கம்: 1964 டோக்கியோவில் மூன்று, 1968 மெக்சிகோவில் நான்கு. மெக்சிகோவுக்கு முன்பு, அரசியல் சீர்திருத்தத்தை வலியுறுத்திய 'இரண்டாயிரம் சொற்கள்' அறிக்கையில் அவர் கையெழுத்திட்டிருந்தார். படைகள் நுழைந்ததும் மொராவியாவின் மலைக்காட்டில் ஒளிந்துகொள்ள வேண்டி வந்தது. பயிற்சிக் கருவி எதுவும் இல்லை. மரக்கிளையில் தொங்கினார்; உருளைக்கிழங்கு மூட்டை தூக்கி உடம்பைப் பழக்கினார்.

மெக்சிகோவில் தரைப் பயிற்சிக்கு அந்த நாட்டு மக்களின் சொந்தப் பாட்டையே இசையாக எடுத்துக்கொண்டு அரங்கத்தைக் கொள்ளைகொண்டார். ஆனால் மதிப்பெண்கள் மாற்றப்பட்டு, அந்தத் தங்கத்தைச் சோவியத் வீராங்கனையோடு பகிர்ந்துகொள்ள நேர்ந்தது. சமநிலைக் கட்டைப் போட்டியில் தங்கம் சோவியத்துக்கும் வெள்ளி அவருக்கும் போனது. பதக்க மேடையில் சோவியத் கீதம் ஒலித்த இரண்டு முறையும் அவர் தலையைத் தாழ்த்தி வலப்பக்கம் திருப்பிக்கொண்டார். உலகம் முழுவதும் அதைப் பார்த்தது.

ஊர் திரும்பியபின், 'இரண்டாயிரம் சொற்கள்' அறிக்கையிலிருந்து கையெழுத்தை விலக்கிக்கொள்ளச் சொன்னார்கள். அவர் மறுத்தார். ஏழு தங்கம் வென்றவருக்கு ஆண்டுக்கணக்கில் பயிற்சியாளர் வேலைகூடத் தரப்படவில்லை. 1989-இல் கம்யூனிஸ்ட் ஆட்சி வீழ்ந்த பிறகு அதிபர் வாத்ஸ்லாவ் ஹாவெலுக்கு ஆலோசகராகவும், நாட்டின் ஒலிம்பிக் குழுத் தலைவராகவும் உயர்ந்தார். பிறகு ஒரு கட்டத்தில் பொதுவாழ்விலிருந்து முற்றிலும் ஒதுங்கி, நீண்ட காலம் அமைதி காத்தார்.

அப்படி ஒதுங்கியிருந்த ஒருவரின் கதையை 2012-இல் சொம்மெரோவா முழுநீளப் படமாக்கினார். இங்கேதான் அவருடைய முறை தெளிவாகத் தெரிகிறது. சாதனைகளை அவர் வேகமாகக் கடந்துவிடுகிறார். பதக்கங்களைக் காட்டப் பழைய ஒளிப்பதிவுகள் இருக்கின்றன. அவர் நின்று பார்க்கும் இடம் வேறு. ஒரு மனிதர் 'முடியாது' என்று சொன்ன அந்த நிமிடத்திலும், அதற்கு அவர் கொடுத்த விலையிலும்தான் அவர் கவனம் ஊன்றுகிறது. மறுப்பு ஒரு நொடி. அதன் விலையைக் கட்டி முடிக்க இருபது ஆண்டு. அந்த இருபது ஆண்டுகளின் ஒளிப்பதிவு எந்த ஆவணக் காப்பகத்திலும் இல்லை, ஏனென்றால் அப்போது அவர்களை யாரும் படம்பிடிக்கவில்லை. அந்த வெற்றிடத்தை நிரப்ப ஒரே வழி, சம்பந்தப்பட்டவரே கேமராவைப் பார்த்துப் பேசுவது. சொம்மெரோவாவின் படங்களில் பேச்சு இவ்வளவு இடம் பிடிப்பதற்குக் காரணம் இதுவே என்பது என் துணிபு.

தாயின் வழக்கும் மகளின் பாத்திரமும்

2017-இல் வந்த 'செர்வெனா' என் மனதுக்கு மிக நெருக்கமானது. சோன்யா செர்வெனா 1925-இல் பிறந்த ஓப்பராப் பாடகி. தந்தை யிர்ஷி செர்வெனி, பிராகின் புகழ்பெற்ற கேபரே நாடகக் குழுவை நிறுவியவர். தாய் நாஜிகளின் சிறையைக் கண்டு மீண்டவர்; பின்னர் கம்யூனிஸ்ட் ஆட்சியில் மறுபடி கைதாகி உயிரிழந்தார். மகள் ப்ர்னோ நகர ஓப்பராவில் பாடி, 1958-இல் கிழக்கு பெர்லினின் அரசு ஓப்பராவுக்குப் போனார். பெர்லின் சுவர் எழுந்த பின், 1962 ஜனவரியில், மேற்குப் பக்கம் தப்பிச் சென்றார். சொந்த நாட்டில் அவர் பெயர் உச்சரிக்கப்படாத காலத்தில், ஃப்ராங்க்ஃபர்ட்டிலும் சான்ஃப்ரான்சிஸ்கோவிலும் மேடை அவரைக் கொண்டாடியது.

ஆட்சி வீழ்ந்தபின் திரும்பி வந்தார். 2008-இல், 83 வயதை நெருங்கும்போது, பிராக் தேசிய அரங்கின் ஒரு புதிய ஓப்பராவில் மிலடா ஹொராகோவாவாக நடித்தார். ஹொராகோவா ஜனநாயக அரசியல்வாதி. நாஜிச் சிறையிலிருந்து உயிரோடு மீண்டவர். கம்யூனிஸ்ட் ஆட்சி ஜோடித்த வழக்கில் 1950 ஜூன் 27-இல் தூக்கிலிடப்பட்டவர். இரண்டு கொடுங்கோன்மைகளிடமும் சிக்கிய தாயை இழந்த ஒரு மகள், அதே இரண்டு கொடுங்கோன்மைகளிடமும் சிக்கி மாண்ட இன்னொரு பெண்ணின் குரலாக மேடையில் நிற்கிறார். எந்தத் திரைக்கதை ஆசிரியராவது இதைக் கற்பனையாக எழுதியிருந்தால் மிகை என்று நாம் ஒதுக்கியிருப்போம். இது நடந்தது. செர்வெனா 2023 மே மாதம் 97 வயதில் காலமானார். சாஸ்லாவ்ஸ்காவும் தன் படம் வந்த நான்கே ஆண்டுகளில், 2016-இல், போய்விட்டார். இருவரையும் அவர்கள் சொந்தக் குரலில் முழுநீளமாகப் பதிந்து வைக்க இருந்த காலம் மிகக் குறுகியது. அதைத் தவறவிடாமல் பிடித்துக்கொண்டவர் சொம்மெரோவா.

2019-இல் அவர் எடுத்த யிர்ஷி சுஹி பற்றிய படத்தின் சுருதி வேறு. 1959-இல் யிர்ஷி ஷ்லிட்ருடன் சேர்ந்து 'செமஃபோர்' நாடக அரங்கைத் தொடங்கிய பாடலாசிரியர், நடிகர் சுஹி. அறுபதுகளின் பிராக் இளைஞர்கள் முணுமுணுத்த பாடல்களில் ஒரு பெரும்பங்கு இந்த இருவருடையது. 1969 டிசம்பரில் ஷ்லிட்ர் இறந்த பின்னும், கெடுபிடிகள் வந்த பின்னும், சுஹி அரங்கை மூடவில்லை. உரத்த மறுப்பு எதுவும் இல்லாமல், செய்துகொண்டிருந்த வேலையை விடாமல் செய்வதும் ஓர் உறுதிதான் என்பதை அவர் வாழ்க்கை காட்டுகிறது.

பாராட்டுவது பிழையா?

சொம்மெரோவாவின் படங்கள் தம் நாயகிகளை அளவுக்கு மீறி நேசிக்கின்றன என்று சொல்ல இடம் உண்டு. இந்தக் கேள்வியை ஒதுக்கிவிட்டுப் போக எனக்கு விருப்பமில்லை. ஆவணப்படம் கேள்வி கேட்க வேண்டாமா? எதிர்த்தரப்பை உட்கார வைக்க வேண்டாமா?

இதற்கு விடை தேட, அதே ஊரில், அதே 1949-இல் பிறந்து, அதே ஃபாமுவில் படித்த இன்னொரு பெண்ணைப் பக்கத்தில் நிறுத்திப் பார்க்கலாம். ஹெலனா த்ரெஷ்டீகோவா, ஒரே மனிதரைப் பல ஆண்டுகள் பின்தொடர்ந்து படமெடுப்பதில் உலகப் புகழ் பெற்றவர். நடிகை லீடா பாரோவாவைத் தொண்ணூறுகளில் ஆஸ்திரியாவின் சால்ஸ்பர்க்கில் சந்தித்து அவர் பதிவுசெய்த பேட்டி முக்கியமானது. முப்பதுகளில் நாஜிப் பிரசார அமைச்சர் கோயபல்ஸின் காதலியாக இருந்தவர் பாரோவா. முதுமையில், கண்ணீரோடும் தற்காப்போடும் தன் கதையைச் சொல்கிறார். த்ரெஷ்டீகோவா அவருக்காக வாதாடவும் இல்லை, குற்றம் சாட்டவும் இல்லை. தீர்ப்பைப் பார்ப்பவரிடம் விட்டுவிடுகிறார்.

பாரோவாவுக்கு அந்த முறை பொருந்தும், ஏனென்றால் அவர் விஷயத்தில் தீர்ப்பு இன்னும் எழுதப்படவில்லை. குபிஷோவா விஷயத்தில் தீர்ப்பு ஏற்கெனவே எழுதப்பட்டுவிட்டது, அதுவும் பொய்ப் புகைப்படங்களை ஆதாரமாக வைத்து, அவர் பேச வாய்ப்பே இல்லாமல். எதிர்த்தரப்புக்கு இருபது ஆண்டுகள் வானொலியும் தொலைக்காட்சியும் பத்திரிகைகளும் கையில் இருந்தன. அது சொல்ல வேண்டியதை எல்லாம் சொல்லி முடித்துவிட்டது. அப்படி ஒருவரைப் பற்றிப் படமெடுக்கும்போது, இரு தரப்புக்கும் சம நேரம் ஒதுக்குவது நடுநிலை ஆகாது. பறிக்கப்பட்டதைத் திருப்பிக் கொடுப்பதுதான் அங்கே நியாயம். சொம்மெரோவாவின் பாராட்டை நான் அந்த நியாயத்தின் பகுதியாகவே பார்க்கிறேன்.

ஆனால் அந்தப் பாராட்டு பொறுப்பற்றதாக இருந்திருந்தால் நான் இதைச் சொல்ல மாட்டேன். அவர் தேர்ந்தெடுத்தவர்கள் வெறும் நட்சத்திரங்கள் அல்லர். குரலும் உடம்பும் திறமையும் தங்களுக்கு மட்டும் சொந்தம் என்று எண்ணாமல், நெருக்கடியான நேரத்தில் அவற்றைப் பணயம் வைத்தவர்கள். ஆண்களின் கையெழுத்துகளே அதிகம் பேசப்பட்ட 'சார்ட்டர் 77' இயக்கத்தில், பெண்கள் ஆற்றிய பங்கைத் தனியே எடுத்துப் பதிவுசெய்தவரும் சொம்மெரோவாதான். 1994 முதல் 2002 வரை ஃபாமுவின் ஆவணப்படத் துறைக்குத் தலைமை வகித்து, அடுத்த தலைமுறைக்குப் பாடமும் சொன்னார்.

நூற்றுக்கு மேற்பட்ட ஆவணப்படங்கள் எடுத்த ஒருவரின் வாழ்வில், நான் இங்கே தொட்டது நான்கைந்து படங்களை மட்டும். அவற்றிலிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது ஒன்று உண்டு. கலைஞர்களைப் பற்றிய படங்கள் பெரும்பாலும் விருதுப் பட்டியலில் தொடங்கி, அஞ்சலி உரையில் முடிகின்றன. அவர் எப்போது, எதற்கு, யாரிடம் 'முடியாது' என்றார் என்று கேட்பவர்கள் குறைவு. அந்தக் கேள்வியை, சம்பந்தப்பட்டவர் பதில் சொல்லும் வயதிலும் நினைவோடும் இருக்கும்போதே, நேருக்கு நேர் கேட்டுவிட வேண்டும். ஓல்கா சொம்மெரோவா தன் நாட்டுக்குச் செய்த பெரும் பணி அதுதான். ஒவ்வொரு நாட்டிலும் யாராவது ஒருவர் அதைச் செய்தாக வேண்டும்.

*(தொடரும்)*

*அடுத்த வாரம்: 1964-இலும், 1990-இலும், 2012-இலும் செக் இளைஞர்களிடம் 'உங்கள் மிகப் பெரிய ஆசை என்ன?' என்ற ஒரே கேள்வியைக் கேட்ட யான் ஷ்பாட்டாவும் அவர் மகளும்.*