புனேவுக்குப் போன ஆட்டங்களும் போக்கிடம் இல்லாத ஆட்டங்களும்

2013 ஜூலையில் ஆசியத் தடகளப் போட்டி. 2015 டிசம்பரில் ஐ.எஸ்.எல். கால்பந்து அரையிறுதி. 2018 கோடையில் சென்னை சூப்பர் கிங்ஸின் ஆறு ஆட்டங்கள். எல்லாமே சென்னையில் நடந்திருக்க வேண்டியவை. ஒன்று விடாமல் புனேவில் நடந்தன. முதலாவது ஈழப் பிரச்சினையால் போனது, இரண்டாவது வெள்ளத்தால், மூன்றாவது காவிரியால். ஐந்தே ஆண்டுகளில் மூன்று விளையாட்டுகள் ஒரே ஊருக்கு இடம்பெயர்ந்திருப்பதைப் பார்த்தால், நின்றுபோன ஆட்டங்களை மட்டும் வைத்தே இந்த நகரத்தின் வரலாற்றை எழுதிவிடலாம் என்று தோன்றுகிறது.

ஆட்டம் நின்றுவிட்டது என்று பொதுவாகச் சொல்கிறோம். அதற்குள் நாலு விதம் இருக்கிறது. வேறு தேதிக்குத் தள்ளிவைப்பது ஒன்று. வேறு ஊருக்கு மாற்றுவது இன்னொன்று. தொடங்கிய ஆட்டத்தை மழையோ கலவரமோ பாதியில் முடித்துவைப்பது மூன்றாவது. மாற்றுத் தேதியும் இல்லை, மாற்று ஊரும் இல்லை என்று அட்டவணையிலிருந்தே எடுத்துவிடுவது நாலாவது. அதுதான் ரத்து. சென்னையின் கணக்கைப் புரட்டினால் ஒன்று தெளிவாகத் தெரிகிறது. பணமும் தொலைக்காட்சியும் உள்ள ஆட்டம் பெரும்பாலும் முதல் இரண்டு வழிகளில் தப்பிவிடுகிறது. அவை இல்லாத ஆட்டம் நேராக நாலாவதில் போய் விழுகிறது.

2015-ஐ எடுத்துக்கொள்வோம். டிசம்பர் 1 இரவு செம்பரம்பாக்கம் ஏரியிலிருந்து விநாடிக்கு 29,000 கன அடி நீர் திறக்கப்பட்டது. தாம்பரத்தில் ஒரே நாளில் 49 சென்டிமீட்டர் மழை. அடையாற்றின் இரு கரையும் மூழ்கின. விமான நிலையத்தின் ஓடுபாதையே தண்ணீருக்குள் போனது. இந்த நிலையில்தான் சென்னையின் எஃப்.சி. அணி அரையிறுதிக்குத் தகுதி பெற்றிருந்தது. எதிரணி அத்லெட்டிகோ டி கொல்கத்தா. இரண்டு ஆட்டங்களில் முதலாவது நேரு விளையாட்டரங்கில் நடக்க வேண்டும். பால் பாக்கெட்டுக்கும் குடிநீருக்கும் மக்கள் வரிசையில் நின்ற ஊரில் கால்பந்து ஆடுவது எப்படி? டிசம்பர் 12 அன்று புனேவின் பாலேவாடி அரங்கில் சென்னை அணி தன் 'சொந்த ஊர்' ஆட்டத்தை ஆடி 3-0 என வென்றது. நாலு நாள் கழித்துக் கொல்கத்தாவில் 1-2 எனத் தோற்றாலும், மொத்தக் கணக்கில் முந்தி இறுதிக்குப் போனது. டிசம்பர் 20-இல் கோவாவில் கடைசி நிமிடங்களில் இரண்டு கோல் விழுந்து 3-2 எனக் கோப்பையையும் வென்றது. வீடுகளில் சேறு அள்ளிக்கொண்டிருந்த சென்னைக்கு அந்த வெற்றி உண்மையிலேயே ஆறுதல். ஆனால் அந்த அரையிறுதியை நேரில் பார்த்திருக்க வேண்டியவர்களுக்கு அது கிடைக்கவே இல்லை.

இரண்டரை ஆண்டுக்கு முன் அதே பாலேவாடி வளாகத்தில்தான் ஆசியத் தடகளப் போட்டி நடந்தது. இலங்கை வீரர்கள் பங்கேற்கும் போட்டியைத் தமிழ்நாட்டில் நடத்த முடியாது என்று அன்றைய முதல்வர் ஜெயலலிதாவின் அரசு அறிவித்தது. 2009 ஈழப் போரின் இறுதிநாட்கள் பற்றிய படங்கள் வெளிவந்துகொண்டிருந்த காலம் அது. 2013 மார்ச்சில் லயோலா கல்லூரி மாணவர்கள் தொடங்கிய உண்ணாவிரதம் மாநிலம் முழுக்கப் பரவியது. அந்த ஆண்டு ஐ.பி.எல்.லிலும் இலங்கை வீரர்கள் சேப்பாக்கத்தில் ஆடவில்லை. இங்கே நடக்கவிருந்த இரண்டு பிளே-ஆஃப் ஆட்டங்கள் டெல்லிக்கு மாறின.

2018-இல் கோபத்துக்குக் காரணம் காவிரி. உச்ச நீதிமன்றம் பிப்ரவரி 16 அன்று தீர்ப்பளித்து ஆறு வாரக் கெடு கொடுத்தும் மத்திய அரசு அதற்குள் காவிரி மேலாண்மை வாரியம் அமைக்கவில்லை. டெல்டாவில் வயல்கள் காய்ந்து கிடக்கையில் சேப்பாக்கத்தில் கொண்டாட்டமா என்ற கேள்வி எழுந்தது. ஏப்ரல் 10 அன்று கொல்கத்தாவுடனான ஆட்டம் பெரும் போலீஸ் பாதுகாப்பில் நடந்தது. மைதானத்துக்குள் செருப்பு வந்து விழுந்தது. வெளியே மஞ்சள் சட்டை போட்டிருந்த ரசிகர்கள் சிலர் அடிபட்டார்கள். மீதி ஆறு ஆட்டங்களும் புனேவுக்குப் போயின. விவசாயிக்காகப் பேசியதில் எந்தத் தவறும் இல்லை. பார்க்க வந்தவன் மேல் கை வைத்ததுதான் தவறு, அது போராட்டத்துக்குமே கேடு. ஏப்ரல் 19 அன்று ஏறக்குறைய ஆயிரம் ரசிகர்களை ஏற்றிக்கொண்டு ஒரு தனி ரயில் சென்னையிலிருந்து புனேவுக்குக் கிளம்பியது. அணி அந்த ஆண்டு கோப்பையை வென்றது. வாலாஜா சாலையில் கொடியும் ஜெர்சியும் விற்பவர்களையும் கன்னத்தில் வண்ணம் தீட்டுபவர்களையும் ஏற்றிச்செல்ல எந்த ரயிலும் இல்லை. ஆறு ஆட்டத்தின் வியாபாரம் அவர்களுக்குப் போனது போனதுதான்.

கொள்கைக்காக ஆட்டத்தையே விட்டுக்கொடுத்த கதையும் சென்னைக்கு உண்டு. 1974 டேவிஸ் கோப்பை டென்னிஸில் சென்னைச் சகோதரர்கள் விஜய் அமிர்தராஜும் ஆனந்த் அமிர்தராஜும் முன்னின்று, இந்தியாவை இறுதிப்போட்டிக்குக் கொண்டுபோனார்கள். அரையிறுதியில் வீழ்ந்தது சோவியத் யூனியன். இறுதியில் எதிரே நின்ற நாடு தென்னாப்பிரிக்கா. நிறவெறி ஆட்சி நடத்தும் நாட்டோடு ஆட மாட்டோம் என்று இந்தியா விலகியது. ஒரு பந்துகூட அடிபடாமல் கோப்பை தென்னாப்பிரிக்காவுக்குப் போனது. விஜய்க்கு அப்போது இருபது வயது. இந்தியா அடுத்த இறுதியைக் காண 1987 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அதில் ஸ்வீடனிடம் தோற்றோம். நம் விளையாட்டு வரலாற்றில் நடக்காத ஆட்டங்களிலேயே பெருமைப்படத்தக்கது 1974 இறுதிதான் என்று நான் உறுதியாக நம்புகிறேன். அந்தப் பெருமைக்கான விலையை இரண்டு இளைஞர்கள் தங்கள் வாழ்க்கையிலிருந்து எடுத்துக் கொடுத்தார்கள் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

வேறு ஊரில் நின்ற ஆட்டம் நம் ஊருக்கு வந்ததும் நடந்திருக்கிறது. 2008 நவம்பர் 26 மும்பைத் தாக்குதலுக்குப் பின் இங்கிலாந்து அணியின் கடைசி இரண்டு ஒருநாள் ஆட்டங்கள் ரத்தாயின. அகமதாபாத்தில் தொடங்கவிருந்த டெஸ்ட் சேப்பாக்கத்துக்கு வந்தது. 387 என்ற இலக்கை இந்தியா துரத்திப் பிடித்தது. டெண்டுல்கர் 103 ரன்னோடு கடைசிவரை நின்றார்.

சென்னையில் ஆட்டத்தைக் கெடுப்பதில் மழைக்கே முதலிடம். ஆண்டு மழையில் பாதிக்கு மேல் அக்டோபர் முதல் டிசம்பர் வரை வடகிழக்குப் பருவத்தில் கொட்டிவிடுகிறது. அதனால்தான் சென்னை டெஸ்ட் என்றால் பொங்கல் டெஸ்ட் என்று பல காலம் வழக்கம் இருந்தது. பயிர் அறுவடைக்கு வரும் தையில் வானமும் தெளிந்திருக்கும். வழக்கம் மாறியபோது நகரம் அடி வாங்கியதும் உண்டு. 2004 அக்டோபரில் ஆஸ்திரேலியாவுக்கு எதிரான டெஸ்டில் கும்ப்ளே 13 விக்கெட் எடுத்துக் கொடுத்திருந்தார். கடைசி நாளில் இந்தியாவுக்கு வேண்டியது 210 ரன், கையில் பத்து விக்கெட்டும் இருந்தன. விடிந்ததிலிருந்து மழை. ஒரு பந்துகூட வீசாமல் டிரா ஆனது; தொடரை ஆஸ்திரேலியா 2-1 எனக் கொண்டுபோனது.

2016 டிசம்பர் 12-இல் வர்தா புயல் நகரத்தின் மரங்களைச் சாய்த்துப் போட்டது. மின்சாரம் இல்லாத தெருக்கள் பல நாள் இருட்டில் கிடந்தன. ஆனால் 16-ஆம் தேதி டெஸ்ட் தொடங்கியாக வேண்டும். தட்டுகளில் எரியும் கரியை வைத்து ஆடுகளத்தை உலர்த்தினார்கள் சேப்பாக்கத்தின் மைதான ஊழியர்கள். ஆட்டம் குறித்த தேதியில் தொடங்கியது, கருண் நாயர் 303 அடித்தார். அந்த ஊழியர்களின் உழைப்பு வணங்கத்தக்கது. ஒரு ஆட்டம் நடந்தே தீர வேண்டும் என்று அமைப்புகள் முடிவுசெய்தால் புயலையும் தாண்டி நடத்திவிட முடியும் என்பதற்கும் அதுவே சான்று. 2023 ஐ.பி.எல். இறுதி அகமதாபாத் மழையில் நின்றபோது மறுநாள் தயாராகக் காத்திருந்தது. அதே ஆண்டு டிசம்பரில் தீவுத்திடல் சாலைகளில் நடக்கவிருந்த பார்முலா 4 பந்தயம் மிக்ஜாம் புயலால் தள்ளிப்போய், 2024 ஆகஸ்ட் கடைசியில் நடந்தேறியது.

சேப்பாக்கத்திலிருந்து தெற்கே மூன்று கிலோமீட்டர் போல வந்தால் நொச்சிக்குப்பம். கலங்கரை விளக்கத்துக்கும் பட்டினப்பாக்கத்துக்கும் நடுவில், லூப் ரோட்டை ஒட்டிய மீனவர் குடியிருப்பு. இந்த மணல்தான் இங்குள்ள பிள்ளைகளுக்குக் கிரவுண்டு. கால்பந்து, கிரிக்கெட், கபடி எல்லாம் இதில்தான். புயல் எச்சரிக்கை வந்தால் படகுகளை மேட்டுக்கு இழுத்து ஏற்ற வேண்டும், வலைகளைக் காப்பாற்ற வேண்டும். ஆடுகளம் படகுத் துறையாகிவிடும். கடற்கரைக் குப்பங்களில் ஞாயிற்றுக்கிழமை டோர்னமென்ட் என்றால் ஒவ்வொரு அணியும் என்ட்ரி ஃபீஸ் கட்டி, கையிலிருப்பதைப் போட்டுப் பந்தும் பனியனும் வாங்கித்தான் ஆட வருகிறது. மழை வந்து 'மேட்ச் கேன்சல்' என்றால் அந்த ஞாயிறு திரும்பாது. மாற்று மைதானம் கிடையாது. புனேவும் கிடையாது.

2004 டிசம்பர் 26-ஐ இந்தக் கரை மறக்காது. அன்றும் ஞாயிற்றுக்கிழமை. மெரினா மணலில் காலை ஆட்டங்கள் நடந்துகொண்டிருந்த வேளையில் ஆழிப்பேரலை ஏறி வந்தது. அதே நாளில் இலங்கை அணி நியூசிலாந்தின் ஆக்லாந்தில் ஒருநாள் ஆட்டம் ஆடிக்கொண்டிருந்தது. மீதிப் பயணத்தை விட்டுவிட்டு வீரர்கள் ஊர் திரும்பினார்கள். டெஸ்ட் ஆட்டங்களை 2005 ஏப்ரலில் ஆடினார்கள். அவர்களுக்கு அட்டவணை காத்திருந்தது, அது நியாயமும்கூட. குப்பத்து மணலில் பாதியில் நின்ற ஆட்டங்களுக்கு அட்டவணையே இருந்ததில்லை.

இந்த ஏற்றத்தாழ்வு நமக்கு மட்டும் உரியதல்ல. அமெரிக்காவில் கல்லூரிகள் ஆடும் கால்பந்து வேறு வகை. நீள்வட்டப் பந்தைக் கையில் எடுத்துக்கொண்டு ஓடும் ஆட்டம் அது. அங்கே ரத்தான ஆட்டங்களைப் பற்றிய நினைவு கல்லூரிகளின் வரலாற்றில் ஓர் அங்கம். 1963 நவம்பர் 22-இல் அதிபர் கென்னடி சுட்டுக்கொல்லப்பட்டதும் ஹார்வர்டு - யேல் ஆட்டம் ஒரு வாரம் தள்ளிப்போனது. 1918 முதல் ஆண்டு தவறாமல் நடந்துவந்த ஒஹையோ ஸ்டேட் - மிச்சிகன் மோதல் 2020-இல் கொரோனாவால் ரத்தானது. இதில் நாம் கவனிக்க வேண்டியது வேறொன்று. அங்கே பெரிய பல்கலைக்கழகங்கள் சிறிய கல்லூரிகளைத் தங்கள் மைதானத்துக்கு ஆட அழைத்து, அதற்கென்று பேசிய தொகையைத் தருவது வழக்கம். அந்தப் பணத்தில்தான் பல சிறிய கல்லூரிகளின் மற்ற விளையாட்டுகளும் ஓடுகின்றன. 2020-இல் பெரிய கூட்டமைப்புகள் தங்களுக்குள் மட்டும் ஆடினால் போதும் என்று முடிவெடுத்தபோது சிறியவர்களின் வருமானம் அறுந்தது. மேலே இருப்பவர் ஆட்டத்தை மாற்றிக்கொள்கிறார், கீழே இருப்பவர் இழக்கிறார். நாடு எதுவானாலும் நிலைமை இதுதான்.

ரஞ்சிக் கோப்பையையே பாருங்கள். அதன் முதல் ஆட்டம் 1934 நவம்பர் 4 அன்று சேப்பாக்கத்தில்தான் நடந்தது. முதல் பந்தை வீசியவர் எம்.ஜே.கோபாலன். மைசூர் 48, 59 எனச் சுருண்டது, ஏ.ஜி.ராம் சிங் 11 விக்கெட் எடுத்தார். சென்னை ஒரே நாளில் இன்னிங்ஸ் வெற்றி பெற்றது. இரண்டாம் உலகப் போரிலும் அந்தக் கோப்பை நிற்கவில்லை. முதல் தடவையாக நின்றது 2020-21-இல். அதே பருவத்தில் ஐ.பி.எல். ஐக்கிய அரபு எமிரேட்ஸுக்குப் போய் நடந்து முடிந்தது என்பதை மறக்கக் கூடாது. மாநில அணிக்கு மட்டுமே ஆடி, ஆட்டக் கட்டணத்தை நம்பிக் குடும்பம் நடத்தும் வீரர்களுக்கு எமிரேட்ஸ் இல்லை. கிரிக்கெட் வாரியம் 2021 செப்டம்பரில் முந்தைய பருவத்தில் ஆடியவர்களுக்குக் கட்டணத்தில் 50 விழுக்காட்டை இழப்பீடாக அறிவித்தது. தாமதமாக வந்தாலும் சரியான முடிவு.

கடல் விஷயத்தில் இந்தப் புரிதல் நமக்கு முன்பே இருக்கிறது. ஆண்டுதோறும் ஏப்ரல் 15 முதல் 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடை. மீனவக் குடும்பங்களுக்குத் தடைக்கால நிவாரணத்தை அரசு தருகிறது. வேலை நிற்கும் நாளுக்கும் கணக்கு உண்டு என்று ஏற்றுக்கொண்ட ஏற்பாடு அது. ஆட்டம் நிற்கும் நாளுக்கும் அப்படியொரு ஏற்பாடு வேண்டும். மாவட்ட, மண்டலப் போட்டிகளை அக்டோபர், நவம்பரில் வைத்துவிட்டு மழையைக் குறை சொல்வதை நிறுத்தி, தை, மாசியில் மாற்றுத் தேதியை அட்டவணையிலேயே எழுதிவைக்கலாம். கட்டிய என்ட்ரி ஃபீஸைத் திருப்பித் தரலாம்.

எல்லாவற்றையும்விட அவசரமானது வயது வரம்பு. 2020-21-இல் 16 வயதுக்கு உட்பட்டோருக்கான விஜய் மெர்ச்சன்ட் கோப்பையும் நடக்கவில்லை. அந்த ஆண்டு பதினைந்து வயதிலிருந்த பையன் அடுத்த ஆண்டு அந்த அணிக்குத் தகுதி இழந்துவிட்டான். அவன் இழந்ததை 50 விழுக்காடு கொடுத்து ஈடுகட்ட முடியாது. ஒரு பருவம் முழுதாக ரத்தானால் அந்த வயதுப் பிரிவினருக்கு ஓராண்டு தளர்வு தர வேண்டும். பள்ளி, கல்லூரி, மாநில அணி என எல்லா மட்டத்திலும் இதை விதியாகவே எழுத வேண்டும். அடுத்த புயல் வருவதற்குள் செய்ய முடிகிற வேலை இது.