எஞ்சினின் கால் எவ்வளவு நீளம்?

படகுக்கு எஞ்சின் வாங்கக் கடன் கேட்டு விண்ணப்பிக்கும்போது பேச்சு பெரும்பாலும் இரண்டு எண்களைச் சுற்றியே அமைகிறது. ஒன்று விலை, மற்றொன்று குதிரைத்திறன். மூன்றாவதாக ஓர் அளவும் உண்டு. பல கொட்டேஷன்களில் அது மாடல் பெயரோடு ஒட்டிய ஒற்றை ஆங்கில எழுத்தாக மட்டுமே இருக்கும். எஞ்சினின் கால் நீளத்தைக் குறிக்கும் அந்த எழுத்து படகுக்குப் பொருந்தாமற் போனால், விலையும் குதிரைத்திறனும் சரியாக இருந்தும் பயனில்லை. தவணை மட்டும் மாதந்தோறும் தவறாமல் வந்து நிற்கும்.

இங்கு நாம் கருதுவது அவுட்போர்டு மோட்டாரை. படகின் பின்பலகையில் கவ்விப் பிடித்துத் தொங்கும் இவ்வகை எஞ்சின்கள்தாம் 1980களில் கேரளக் கடற்கரையின் நாட்டு வள்ளங்களில் வேகமாகப் பரவின. வெள்ளக் காலங்களில் மீட்புப் படையினர் ஓட்டிவரும் காற்றடைத்த படகுகளிலும் இவையே பூட்டப்படுகின்றன. தமிழகக் கடற்கரையின் கண்ணாடியிழைப் படகுகள் பலவற்றில் காணப்படும், நீண்ட தண்டின் முனையில் விசிறி சுழலும் டீசல் எஞ்சின் வேறு வகை. கீழே வரும் கணக்கு அதற்குப் பொருந்தாது.

அவுட்போர்டு மோட்டாரின் விசிறிக்குச் சற்று மேலே கிடைமட்டமாக ஒரு தகடு இருப்பதைப் பலரும் கண்டிருப்பர். அதைக் கடைகளில் கேவிட்டேஷன் தட்டு என்று அழைப்பது வழக்கம். பெயர் அவ்வளவு பொருத்தமானதன்று. நீர்மட்டத்துக்கு மேலுள்ள காற்றை விசிறி உறிஞ்சிக்கொள்ளாமல் தடுப்பதே அதன் வேலை. கால் நீளம் என்று வணிகத்தில் குறிப்பிடுவது, பலகையின் விளிம்பில் அமரும் கவ்வியின் உட்புற மேற்பகுதியிலிருந்து இந்தத் தட்டு வரையுள்ள தொலைவைத்தான். விசிறி அதற்கும் கீழே இருப்பதால், எஞ்சினின் மொத்த உயரத்தை அளந்துவிட்டுக் குழம்ப வேண்டியதில்லை.

குட்டை வகை 15 அங்குலம், அதாவது 381 மில்லிமீட்டர். நெடுவகை 20 அங்குலம், 508 மில்லிமீட்டர். அதற்கும் நீண்டது 25 அங்குலம், 635 மில்லிமீட்டர். பெரிய எஞ்சின்களில் 30 அங்குல வகையும் கிடைக்கிறது. யமஹா எஞ்சின்களில் இவற்றை முறையே எஸ், எல், எக்ஸ், யு என்னும் எழுத்துகள் குறிக்கின்றன. எல்லா நிறுவனங்களும் ஒரே எழுத்துமுறையைப் பின்பற்றுவதில்லை. மேலும், இவை பெயரளவு அளவுகளே. குட்டை என்று விற்கப்படும் சிறிய எஞ்சினை அளந்து பார்த்தால் 17 அங்குலம் வரையிலும் இருக்கக்கூடும். ஆகவே எழுத்தை மட்டும் நம்பாமல், மில்லிமீட்டர் கணக்கை எழுத்து மூலம் கேட்டுப் பெறுவது நலம்.

படகை அளப்பது எளிது. படகைக் கரையில் சமநிலையில் நிறுத்தி, பின்பலகையின் மேல்விளிம்பில் எஞ்சின் அமரும் நடுப்பகுதியிலிருந்து, ஏராக்கட்டையின் அடிப்பாகம் வரை டேப்பைப் பிடிக்க வேண்டும். பலகையின் ஓரத்தில் அளந்தால் கணக்குத் தவறும். பெரும்பாலான படகுகளில் அடிப்பாகம் நடுவில் தாழ்ந்தும் ஓரங்களில் உயர்ந்தும் இருக்கும். பலகை பின்னோக்கிச் சாய்ந்திருக்கிறதே, சரிவின் வழியே அளப்பதா, செங்குத்தாக அளப்பதா என்ற ஐயம் சிலருக்கு எழுகிறது. 12 பாகைச் சாய்வில் 20 அங்குலத்துக்கு இரண்டு முறைகளுக்கும் உள்ள வேறுபாடு அரை அங்குலத்துக்கும் குறைவு. அதைப் பற்றிப் பெரிதாகக் கவலைப்பட வேண்டாம்.

இவ்வாறு பெறும் அளவு 15 முதல் 17 அங்குலத்துக்குள் இருந்தால் குட்டைக் கால். 20 முதல் 22க்குள் இருந்தால் நெடுங்கால். 25ஐ ஒட்டியிருந்தால் அதற்கடுத்த வகை. எஞ்சினை மாட்டிய பின், தட்டு படகின் அடிப்பாகத்தோடு ஒரே மட்டத்தில், அல்லது அதற்கு ஓர் அங்குலம் கீழே நிற்பது பொதுவான இலக்கு. விரைந்து செல்லும் இலகுவான படகுகளில் தட்டு சற்று உயர்ந்திருந்தாலும் தாழ்வில்லை. மெதுவாகச் செல்லும் பாரப் படகுகளில் இன்னும் கொஞ்சம் ஆழம் நன்மையே செய்யும்.

"மீன் பாரம் ஏறினால் படகு தாழ்கிறதே, அப்போது கணக்கு மாறாதா?" என்று கேட்போர் உண்டு. பின்பலகையில் மாட்டிய எஞ்சினுக்கு அது மாறாது. பாரம் ஏறும்போது பலகையும் எஞ்சினும் சேர்ந்தே தாழ்கின்றன. தட்டுக்கும் ஏராக்கட்டைக்கும் இடையிலுள்ள உறவு அப்படியே இருக்கிறது. நீர்மட்டத்தை விடுத்து ஏராக்கட்டையிலிருந்து அளப்பதன் காரணமும் இதுவே.

தவறான நீளங்களுள் எது கூடுதல் தீங்கு தரும் என்று கேட்டால், குறைவான நீளமே என்பது எமது கருத்து. கால் போதாதபோது விசிறி மேற்பரப்பிலிருந்து காற்றை இழுக்கிறது. நீரில் பிடிப்பு இழந்த விசிறி வெறுமனே சுழல, எஞ்சின் அலறுகிறது, படகு முன்னேறுவதில்லை. அமைதியான காயலில் இது எரிச்சலோடு முடிந்துவிடும். அலை உடையும் இடத்தைக் கடந்து வெளியேறும் படகுக்கோ, விசை வேண்டிய அந்தச் சில நொடிகளில் விசை இல்லாமற் போவது உயிருக்கே ஆபத்து. இன்னொன்றும் உண்டு. எஞ்சினைக் குளிர்விக்கும் நீர், காலின் கீழ்ப்பகுதியிலுள்ள துளைகள் வழியாகவே உள்ளே செல்கிறது. துளைகள் அடிக்கடி நீருக்கு மேலே வந்தால் பம்பிலுள்ள ரப்பர் இம்பெல்லர் வறண்டு தேயும், எஞ்சின் சூடேறும். பொருத்தியதில் உள்ள பிழையால் வரும் பழுதுகளை உத்தரவாதம் பொதுவாக ஏற்பதில்லை. காப்பீடும் தேய்மானத்துக்கு இழப்பீடு தருவதில்லை.

கால் மிகுதியாக நீண்டிருந்தால் கேடு மெதுவாக வரும். தேவையற்ற ஆழத்தில் இறங்கிய கால் நீரை எதிர்த்து இழுபடும். அதே தொலைவுக்குக் கூடுதல் எரிபொருள் செலவாகும். காலில் மோதும் நீர் பின்புறம் சிதறியெழும். ஆழம் குறைந்த லட்சத்தீவுக் காயல்களிலும், மணலில் நேராக ஏற்றப்படும் படகுகளிலும், நீண்ட கால் தரையையும் பவளப் பாறையையும் தட்டும் வாய்ப்பு மிகுதி.

அளவு இரண்டு வகைகளுக்கும் நடுவில், 18 அங்குலம் என்று வந்துவிட்டால்? நெடுங்காலை வாங்கி, பலகையின் மேல் உறுதியான மரத்துண்டு வைத்தோ, உயர்த்தும் தாங்கியைப் பொருத்தியோ எஞ்சினை ஏற்றிக்கொள்வது சரியான வழி. குட்டைக் காலை வாங்கிவிட்டுப் பலகையை வெட்டித் தாழ்த்துவதை நாம் எவ்வகையிலும் பரிந்துரைக்க இயலாது. பின்னாலிருந்து வரும் அலையைத் தடுக்கும் சுவர் அந்தப் பலகையே. அதோடு, பல கண்ணாடியிழைப் படகுகளின் பின்பலகைக்குள் ப்ளைவுட் இருக்கிறது. வெட்டிய விளிம்பு வழியே நீர் இறங்கினால், வெளியே பளபளப்பு மாறாமலே உள்ளே மரம் உளுத்துப்போகும். எஞ்சினின் முழுப் பாரத்தையும் தாங்குவது அந்த மரம்தான்.

பின்பலகையிலிருந்து தள்ளி நிற்கும் தாங்கியில் எஞ்சினை மாட்டும்போது, ஏறத்தாழ 12 அங்குலத் தள்ளலுக்கு ஓர் அங்குலம் உயர்த்தலாம். படகைக் கடந்த நீர் பின்னால் மேலெழுந்து வருவதே காரணம். பின்புறம் கூராக முடியும் வள்ளங்களில் பக்கவாட்டில் தாங்குபலகை அமைத்து எஞ்சினை மாட்டுவது வேறு கதை. ஏராக்கட்டைக் கணக்கு அங்கே செல்லாது. வெற்று வள்ளத்தை நீரில் மிதக்கவிட்டு, தாங்குபலகையின் மேல்விளிம்பிலிருந்து நீர்மட்டம் வரை அளந்து, தட்டு அதற்கும் சில அங்குலங்கள் கீழே நிற்கும்படி காலைத் தேர்ந்தெடுக்க வேண்டும். வள்ளம் பக்கவாட்டில் உருளும்போது எஞ்சின் மேலெழும் என்பதால் இங்கே சற்று நீண்ட காலே பாதுகாப்பு.

இனி, வங்கிக்கு வருமுன் செய்ய வேண்டியது. 2018-19 நிதிநிலை அறிக்கையில் மீனவர்களுக்கும் விரிவுபடுத்தப்பட்ட கிசான் கடன் அட்டை, எரிபொருள், பனிக்கட்டி, கூலி போன்ற நடைமுறைச் செலவுகளுக்கானது. எஞ்சின் வாங்குவது தவணைக் கடனின்கீழ் வரும். அதற்குக் கொட்டேஷன் தேவை. அந்தக் கொட்டேஷனில் மாடல் பெயரை முழுமையாக, கடைசி எழுத்து வரை எழுதச் சொல்லுங்கள். கால் நீளத்தை மில்லிமீட்டரில் தனி வரியாகக் குறிப்பிடச் சொல்லுங்கள். கடன் தொகை விற்பனையாளருக்கு நேரடியாகச் செல்லும் நிலையில், அனுப்பிய எஞ்சின் வேறு நீளமாக இருந்தால் திருப்பிக் கேட்பதற்குக் கையிலுள்ள ஆதாரம் அந்த ஒரு வரிதான். சில மாடல்களில் காலை நீட்டிக்கொள்ள உதிரிப் பாகங்கள் கிடைக்கின்றன என்பது மெய்யே. ஆனால் உள்ளிருக்கும் தண்டு, கியர் கம்பி, நீர்க்குழாய், வெளிக்கூடு ஆகிய யாவும் மாற வேண்டும். அச்செலவு கடன் மதிப்பீட்டில் இடம்பெற்றிருக்காது.

எஞ்சின் வந்து இறங்கியதும், மரச்சட்டத்தைப் பிரித்த கையோடு, கவ்வி முதல் தட்டு வரை டேப் பிடித்துப் பார்த்த பின்பே பெற்றுக்கொண்டதற்குக் கையொப்பமிடுங்கள். பொருத்திய பின் வழக்கமான பாரத்தோடு முதல் ஓட்டம் செய்து, வளைவுகளில் எஞ்சின் திடீரென அலறுகிறதா என்று கேளுங்கள். அலறினால் எஞ்சினை ஓர் அங்குலம் தாழ்த்த வேண்டும். காலின் இருபுறமும் நீர் ஊற்றுப்போல் எழுந்தால் உயர்த்த வேண்டும். எஞ்சினின் பின்புறம் குளிர்நீர் வெளியேறும் சிறு தாரை எந்த வேகத்திலும் அறுபடாமல் வர வேண்டும். அது நின்றுபோனால் உடனே எஞ்சினை அணைத்துவிடுங்கள்.