பாட்டியும் அலைவரிசைப் பட்டியலும்

செயற்கைக்கோள் ரிசீவரில் ‘தேடு’ என அழுத்தினால் நூற்றுக்கணக்கான அலைவரிசைகள் குவிந்துவிடும். பார்வை மங்கிய என் பாட்டியார் அவற்றுள் செய்தியைத் தேடிச் சலித்தார். ஆகவே எங்கள் ட்ரீம்பாக்ஸின் பட்டியலைக் கணிப்பொறிக்கு மாற்றி, ‘ட்ரீம்பாக்ஸ்எடிட்’ மென்பொருளில் திறந்தேன்.

அலைவெண் முதலிய விவரங்கள் ‘லேம்டிபி’ என்னும் மூலக் கோப்பில் உள்ளன. ‘பொக்கே’ எனப்படும் விருப்பப் பட்டியலோ அடையாள எண்களின் வரிசைதான்; நம் நூலகத்து அட்டை போன்றது. அட்டையைக் கிழித்தால் நூல் அழியாது. நூலையே எடுத்துவிட்டால் அட்டையால் என்ன பயன்? நானோ, நகல்கூட எடுக்காமல், மூலத்திலிருந்த அலைவெண் பதிவுகளையே ‘சுத்தம்’ செய்துவிட்டேன்! அன்று பாட்டியாருக்குச் செய்தி இல்லை. எனக்கு வசவு உண்டு.

மறுநாள் மீண்டும் தேடிச் சேர்த்து, முதலில் நகலெடுத்தேன். பிறகு மூலத்தைத் தொடாமல், முதல் பொக்கேயில் ஆறே அலைவரிசைகளை வைத்து ரிசீவரில் ஏற்றினேன். பாட்டியார் 1-ஐ அழுத்தினார். செய்தி வந்தது.